கூட்டமாகச் செய்த கொலையில் யார் யார் மாட்டுவார்கள்? தென்னாப்பிரிக்கச் சட்டப்படி பார்ப்பது எப்படி

டர்பனில் சாட்ஸ்வொர்த், ஃபீனிக்ஸ் பக்கம் இருப்பவர்களுக்குத் தெருக்காவல் புதிதில்லை. 2021 ஜூலைக் கலவரத்தின்போது ராத்திரி முழுக்கத் தெருமுனையில் தடுப்பு போட்டு நின்றவர்கள் ஏராளம். ஃபீனிக்ஸில் அதையொட்டிக் கொலை வழக்குகளும் வந்தன. "நான் கை வைக்கவே இல்லை, சும்மா நின்றேன்" என்று ஒருவர் சொன்னால் சட்டம் அதை எப்படி எடைபோடும் என்பதை ஒரு கற்பனை வழக்கை வைத்துப் பார்ப்போம்.

திருடன் என்ற சந்தேகத்தில் ஒரு பையனைத் தெருக்காவல் ஆட்கள் பிடிக்கிறார்கள். ஒருவர் கம்பால் மண்டையில் அடிக்கிறார். ஒருவர் அவன் ஓடாதபடி கேட்டைப் பூட்டுகிறார். ஒருவர் டார்ச் அடிக்கிறார், இன்னொருவர் போனில் வீடியோ எடுக்கிறார். எல்லாம் முடிகிற நேரத்தில் வந்த ஒருவர், கீழே கிடப்பவனை இரண்டு உதை உதைக்கிறார். பையன் இறந்துவிடுகிறான்.

படி 1: முன்பேச்சு இருந்ததா?

"இன்று எவன் வந்தாலும் முடித்துவிடுவோம்" என்று முன்கூட்டியே பேசி வைத்திருந்தால், அதில் சேர்ந்தவர் சம்பவ இடத்தில் இல்லாவிட்டாலும் மாட்டலாம். வாட்ஸ்அப் குரூப் செய்திகள் இங்கேதான் சாட்சியாக வந்து நிற்கும்.

படி 2: முன்பேச்சு இல்லையென்றால் ஐந்து கேள்வி

இந்தியாவில் 2024 வரை இருந்த தண்டனைச் சட்டத்தில், பொது எண்ணத்தோடு கூட்டாகச் செய்த குற்றம் பற்றிய 34-வது பிரிவைப் படித்தவர்கள் இங்கேயும் அப்படி ஒரு பிரிவைத் தேடுவார்கள். கிடைக்காது. ஒருவர் செய்ததற்கு அவரோடு சேர்ந்துகொண்டவரும் பொறுப்பு என்னும் 'காமன் பர்பஸ்' கோட்பாடு இங்கே பெரும்பாலும் தீர்ப்புகள் வழியாக வளர்ந்தது. 1989-இல் வெளியான ம்கெடெஸி தீர்ப்புதான் அடித்தளம். அந்த ஆள் அங்கே இருந்தாரா? தாக்குதல் நடப்பது தெரியுமா? தாக்குகிறவர்களோடு சேர்ந்துகொள்ளும் எண்ணம் இருந்ததா? அதைக் காட்டும்படி ஏதாவது செய்தாரா? சாவு பற்றி அவர் மனதில் என்ன இருந்தது? ஐந்துக்கும் பதில் அரசுத் தரப்புக்குச் சாதகமாக, நியாயமான சந்தேகம் இல்லாமல் வரவேண்டும்.

கூட்டத்தை மொத்தமாக ஒரே ஆளாக எண்ணிக் கேள்வி கேட்காதீர்கள். ஒரு தாளில் ஒவ்வொருவர் பெயரையும் தனித்தனியாக எழுதி, ஐந்தையும் அவரவருக்குக் கேளுங்கள். ம்கெடெஸி தீர்ப்பு வலியுறுத்தியதும் இதைத்தான்.

படி 3: என்ன செய்தார்?

பெரும்பாலான வழக்குகள் நிற்பதும் விழுவதும் இந்த நான்காவது கேள்வியில்தான். கேட்டைப் பூட்டியவர் பையனைத் தொடவில்லை. ஆனாலும் அடி விழும்போது ஓடவிடாமல் தடுத்தாரே, அது சேர்ந்துகொண்டதற்கான செயல். வீடியோ எடுத்தவர் வேடிக்கை பார்த்தவர் மட்டும் என்றால் தப்புவார். "போடு, விடாதே" என்று கத்தியிருந்தால் கதை வேறு. டார்ச் அடித்தவர் விஷயம் இழுபறி: அடிப்பதற்கு வசதியாகவா, யார் என்று பார்க்கவா?

ஷார்ப்வில் வழக்கைப் பாருங்கள். 1984 செப்டம்பர் 3-ஆம் தேதி லேகோவா துணை மேயரைக் கூட்டம் கொன்றது. எரிக்க வேண்டாம் என்று தடுத்த ஒரு பெண்ணைக் கன்னத்தில் அறைந்ததும், கொல்லச் சொல்லிக் கத்தியதும்தான் குற்றவாளிகளில் ஒருவர் செய்தவை. அவரையும் சேர்த்து ஆறு பேருக்குத் தூக்கு விதித்தார்கள். தனிப்பட்ட ஒருவரின் செயல்தான் சாவுக்குக் காரணம் என்று நிரூபிக்கத் தேவையில்லை என்று மேல்முறையீட்டு நீதிமன்றமும் சொன்னது. உலகம் முழுக்க எதிர்ப்பு கிளம்பி, 1988 நவம்பரில் ஆறு பேரின் தூக்கும் ரத்தானது. என் கணக்கில் அந்தத் தீர்ப்பு ரொம்பவே நீண்டுவிட்ட கை. ஆனால் கோட்பாடு சாகவில்லை: 2003-இல் தீபஸ் வழக்கில் அரசியலமைப்பு நீதிமன்றமே அது செல்லும் என்றது.

படி 4: மனதில் என்ன?

கொல்லும் எண்ணம் இருந்தே ஆகவேண்டும் என்றில்லை. செத்துப்போகலாம் என்று தெரிந்தும் "ஆனால் ஆகட்டும்" என்று தொடர்ந்தால் போதும். வக்கீல்கள் இதை டோலஸ் ஈவென்ச்சுவாலிஸ் என்பார்கள். மண்டையில் கம்பு விழுவதைப் பார்த்துக்கொண்டே கேட்டைப் பிடித்து நின்றவர், சாவு என் மனதிலேயே வரவில்லை என்றால் நம்புவது கஷ்டம். உண்மையிலேயே வரவில்லை, ஆனால் சாதாரண மனிதருக்கு வந்திருக்கும் என்றால், கொலைக்குப் பதிலாக, கவனக்குறைவால் சாவு விளைவித்த கல்ப்பபிள் ஹோமிசைட் குற்றம் வரலாம்.

படி 5: எப்போது சேர்ந்தார், எப்போது விலகினார்?

கடைசியில் வந்து உதைத்தவர்? உயிரைப் பறித்த அடி அதற்கு முன்பே விழுந்துவிட்டது, அவர் உதை சாவை விரைவுபடுத்தவில்லை என்றால் 1990-இல் வெளியான மொட்டாவுங் தீர்ப்புப்படி அவர்மேல் கொலைக்குற்றம் நிற்காது. கொல்லும் எண்ணம் இருந்திருந்தால் கொலைமுயற்சிதான். அதனால் பிரேதப் பரிசோதனை அறிக்கையில் காயங்களின் வரிசையைத் தேடிப் படியுங்கள்.

விலகுவதற்கு மனம் மாறினால் மட்டும் போதாது, அது வெளியே தெரியவேண்டும். எவ்வளவு ஆழமாக இறங்கினாரோ அவ்வளவு தெளிவாக வெளியேறியிருக்க வேண்டும். பூட்டின கேட்டைத் திறந்துவிட்டவருக்கு ஒரு வாதம் இருக்கிறது. பயந்து வீட்டுக்கு ஓடியவருக்கு அது பலவீனம்.

படி 6: தண்டனை

ஜூரி கிடையாது, நீதிபதிதான் தீர்மானிப்பார். 1997-ஆம் ஆண்டின் 105-ஆம் எண் சட்டப்படி, காமன் பர்பஸில் நடந்த கொலைக்குக் குறைந்தபட்சமே ஆயுள் தண்டனை. வலுவான காரணங்கள் இருந்தால்தான் நீதிபதி குறைக்கலாம். கேட்டைப் பூட்டியவரின் பங்கு சிறியது என்ற வாதத்தை அவர் வக்கீல் இந்தக் கட்டத்தில் மறுபடி எடுத்து வைப்பார்.