குறுகிய காலமே ஆடிய வரிசை வீரரைப் பற்றி எழுதுவது எப்படி?

திருகோணமலையில் பாடசாலை மலருக்கோ தமிழ் விக்கிப்பீடியாவுக்கோ விளையாட்டு வீரர்களைப் பற்றி எழுத விரும்பும் இளையோருக்காக இந்த வழிகாட்டலை எழுதுகிறேன். கோல் அடித்தவரைப் பற்றி எழுதுவது எளிது. தடுத்து நின்றவரைப் பற்றி எழுதுவதே கடினம். அந்தக் கடினம் முழுமையாகத் தெரியும் இடம், கடந்த நூற்றாண்டின் நடுப்பகுதியில் அமெரிக்க உதைபந்தாட்டத்தில் இரண்டு மூன்று பருவங்கள் மட்டும் ஆடிய வரிசை வீரர்களின் வாழ்க்கை. எடுத்துக்காட்டாக அல் புளோசிஸ் என்பவரை வைத்துக்கொள்வோம்.

முதலில் ஆட்டத்தை விளக்கிவிட வேண்டும். மக்கெய்சர் விளையாட்டரங்கில் உதைபந்தாட்டம் பார்த்து வளர்ந்த வாசகருக்கு, பந்தைக் கையில் ஏந்தி ஓடும் ஆட்டம் இது என்பதையும், பதினொருவரில் வரிசை வீரர்கள் எனப்படும் ஐவர், அதாவது நடுவில் சென்டர், அவருக்கு இருபுறமும் கார்ட், அவர்களுக்கு வெளிப்புறம் டக்கிள் என நின்று, எதிரணியினரை உடலால் மறித்துத் தம்மவருக்கு வழி திறந்துவிடுகிறார்கள் என்பதையும் இரண்டு வாக்கியங்களில் சொன்னால் போதும்.

அடுத்து, பதிவேட்டு வரியை நிதானமாக வாசியுங்கள். அமெரிக்காவின் தொழில்முறை உதைபந்தாட்டத் தொடரான என்.எஃப்.எல். பதிவேட்டில் புளோசிஸ் பற்றிய வரி மிகச் சிறியது: நியூயோர்க் ஜயண்ட்ஸ், டக்கிள், 1942 முதல் 1944 வரை. ஆண்டுகளைப் பார்த்தவுடனே அவர் போர்க்காலத்தில் ஆடியவர் என்பது புரியும். அக்காலத்தில் பெரும்பாலானோர் தாக்குதலிலும் தற்காப்பிலும் மாறி மாறி நின்றே ஆடினார்கள். ஆட்டக்காரரை விரும்பியபடி மாற்றிக்கொள்ளும் விதி 1950இல்தான் நிலையானது. ஆகவே 1940களின் டக்கிளை இன்றைய டக்கிளுடன் ஒப்பிட்டு எழுதினால் அவர் செய்த வேலையில் பாதி மறைந்துவிடும்.

எண்களில் இரண்டு இடங்களில் கவனம் வேண்டும். அத்தொடரில் ஓர் அணிக்கு ஒரு பருவத்தின் ஆட்டங்கள் 1942இல் 11ஆகவும், 1943 முதல் 1945 வரை 10ஆகவும், 1947 முதல் 1960 வரை 12ஆகவும் இருந்தன. எனவே ஒருவர் பத்து ஆட்டங்கள் ஆடினார் என்றால் அது முழுப் பருவமா என்பதை ஆண்டைப் பார்த்தே சொல்ல வேண்டும். பந்தெறிபவரை அவர் எறியும் முன்பே வீழ்த்தும் செயல் அதிகாரபூர்வப் புள்ளிவிவரமாகச் சேர்க்கப்பட்டது 1982இல்தான். அதற்கு முந்தியவரின் பெயருக்கு எதிரே அந்த எண் இல்லையென்றால், அவர் எவரையும் வீழ்த்தவில்லை என்று பொருள் கொள்வது அநீதி.

அணியின் பெயரும் ஏமாற்றும். 1950இல் ஆடிக் கலைந்த பால்டிமோர் கோல்ட்ஸ் வேறு, 1953இல் தொடங்கிய பால்டிமோர் கோல்ட்ஸ் வேறு. ஆட் டொனவன் என்ற தற்காப்பு வரிசை வீரர் இரண்டிலும் ஆடியதால், ஒரே அணியில் இடைவெளி விட்டு ஆடினார் என்று எழுதிவிடக்கூடிய ஆபத்து இருக்கிறது. உண்மையில் இடைப்பட்ட இரு பருவங்களில் அவர் நியூயோர்க் யாங்ஸ், டல்லஸ் டெக்சன்ஸ் ஆகிய அணிகளில் இருந்தார்.

இனி முக்கியமான பகுதிக்கு வருவோம்: வாழ்க்கை ஏன் குறுகியது? காயம், படைச்சேவை, கூடுதல் ஊதியம் தரும் வேறு தொழில், அணியின் கலைப்பு என்று காரணங்கள் பல இருக்கலாம். சான்று கிடைத்த காரணத்தை மட்டுமே எழுத வேண்டும். புளோசிஸ் விடயத்தில் சான்று தெளிவானது. ஜோர்ஜ்டவுன் பல்கலைக்கழகத்தில் குண்டெறிதலில் பெயர் பெற்ற அவர் ஏறத்தாழ 198 சென்டிமீற்றர் உயரமானவர். அந்த உடலமைப்பே இராணுவத்தில் சேரத் தடையாக இருந்தும், விலக்குப் பெற்றுச் சேர்ந்தார். விடுப்பில் வந்து, 1944 டிசம்பர் 17இல் கிரீன்பே பெக்கர்ஸ் அணியிடம் ஜயண்ட்ஸ் 14க்கு 7 என்று தோற்ற இறுதிப் போட்டியில் ஆடினார். ஆறு வாரங்கள் கழித்து, 1945 ஜனவரி 31இல், பிரான்ஸின் வோஸ்ஜ் மலைப்பகுதியில் ரோந்து சென்று திரும்பாத தன் வீரர்களைத் தேடித் தனியே போனவர் மீளவில்லை. அப்போது அவருக்கு வயது 26. மூன்றே பருவங்கள் ஆடியவரை 1940களின் சிறந்த அணியில் பின்னர் சேர்த்தார்கள் என்பதையும், அவரது 32ஆம் இலக்கச் சட்டையை ஜயண்ட்ஸ் வேறெவருக்கும் வழங்குவதில்லை என்று ஓய்வுபெறச் செய்தது என்பதையும் கட்டாயம் எழுதுங்கள். "மாவீரர்", "இணையற்றவர்" போன்ற அடைமொழிகள் இந்தச் செய்திகளுக்குப் பக்கத்தில் தேவையே இல்லை.

இதே முறையை நம் ஊர்ப் பழைய தற்காப்பு ஆட்டக்காரர்களுக்கும் பயன்படுத்தலாம். பயன்படுத்த வேண்டும் என்பதே என் விருப்பம். பிரித்தானியக் கடற்படை 1957இல் வெளியேறும் வரை துறைமுகத்தைச் சுற்றி வாழ்ந்தவர்களின் விளையாட்டு வாழ்க்கையில் அந்த ஆண்டு ஒரு திருப்பமாக இருந்திருக்கலாம் என்பதால், வீட்டாரிடம் பேசும்போது அவர் எங்கே வேலை செய்தார் என்பதையும் கேளுங்கள். சான்றிதழ், அணிப் புகைப்படம், பாடசாலை மலர் ஆகியவற்றிலுள்ள திகதிகளை முதலில் குறித்துக்கொண்டு, அந்தத் திகதிகளுடன் கொழும்பிலுள்ள தேசிய சுவடிகள் திணைக்களத்தில் பழைய நாளிதழ்களைத் தேடுங்கள். 1972க்கு முந்திய ஆங்கிலப் பதிவுகளில் நாட்டின் பெயர் சிலோன் என்றே இருக்கும். புகைப்படத்தின் பின்புறத்தையும் மறக்காமல் படமெடுத்து வையுங்கள், ஏனெனில் நிற்பவர்களின் பெயர்களைப் பலர் அங்கேதான் எழுதி வைத்தார்கள்.