கேமை அழித்தும் போனில் இடம் வரவில்லையா? எங்கே தவறுகிறோம்

கல்யாண மண்டபத்தில் தாலி கட்டும் நேரம் பார்த்துத்தான் போன் "ஸ்டோரேஜ் ஃபுல்" என்று சொல்லும். கெட்டிமேளம் முழங்கும் அந்த அரை நிமிடத்தில் எதையாவது அழித்தாக வேண்டும். கண்ணில் முதலில் படுவது கேம்தான். பையன் எப்போதோ ஏற்றிய கார் ரேஸ், ஊரடங்கில் குடும்பமே உட்கார்ந்து ஆடிய லூடோ, பேருந்துப் பயணத்துக்கு என்று இறக்கிய மிட்டாய் உடைப்பு. விரலால் அழுத்திப் பிடித்து மேலே இழுத்துவிடுகிறோம். படம் மறைகிறது. திரும்பக் கேமராவைத் திறந்தால் அதே அறிவிப்பு அப்படியே நிற்கிறது.

காரணம் எளிது. ஆண்ட்ராய்டு போனில் ஐகானை மேலே இழுக்கும்போது 'ரிமூவ்', 'அன்இன்ஸ்டால்' என்று இரண்டு இடங்கள் தெரியும். 'ரிமூவ்' என்ற பக்கம் விட்டால் முகப்புத் திரையிலிருந்து ஐகான் மட்டும் போகும். கேம் உள்ளே சௌக்கியமாக இருக்கும். ஐபோனிலும் இதே கதைதான். 2020-இல் ஐஓஎஸ் 14 வந்த பிறகு 'ரிமூவ் ஃப்ரம் ஹோம் ஸ்கிரீன்' என்ற தேர்வு வந்தது. அதைத் தொட்டால் ஆப் லைப்ரரிக்குள் போய் உட்கார்ந்துகொள்ளுமே தவிர, ஒரு எம்பிகூடக் குறையாது. 'டிலீட் ஆப்' என்பதைத்தான் தொட வேண்டும். உறவினர்கள் நீட்டும் போன்களில் நான் அதிகம் பார்த்த தவறு இதுதான். "எல்லாத்தையும் அழிச்சிட்டேன்டா, இன்னும் ஃபுல்லுங்குது" என்பார்கள். ஆப் பட்டியலைத் திறந்தால் பதினாறு கேம் வரிசையாக நிற்கும்.

எண்ணிக்கையைப் பார்க்காதீர்கள், எடையைப் பாருங்கள்

பத்து கேமை அழித்த திருப்தி வேறு, பத்து ஜிபி கிடைப்பது வேறு. சதுரங்கம், சுடோகு, பழைய பாம்பு விளையாட்டு போன்றவை பெரும்பாலும் நூறு எம்பிக்குள் முடிந்துவிடும். ஒரு துப்பாக்கிச் சண்டை கேமோ, கென்ஷின் இம்பாக்ட் போன்ற திறந்த உலக கேமோ தனியாளாகப் பல ஜிபியை விழுங்கும். பிளே ஸ்டோரில் இறக்கும்போது காட்டிய அளவை வைத்துக் கணக்குப் போடுவதும் ஏமாற்றும். உள்ளே நுழைந்ததும் "கூடுதல் ஃபைல்கள் தேவை" என்று மேப், குரல், உடை என்று அது தனியாக இறக்கிக்கொள்ளும். அவை பெரும்பாலும் ஆப்பின் அளவில் சேராமல் டேட்டா கணக்கில் ஏறும்.

ஆகவே முதல் வேலை அழிப்பதல்ல, பார்ப்பது. பிளே ஸ்டோரில் வலது மேல் மூலையில் உள்ள உங்கள் படத்தைத் தொட்டு, 'மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ்', அதில் 'மேனேஜ்' என்று போனால் எல்லா ஆப்பும் வரிசையாக வரும். அளவு வாரியாக அடுக்கலாம், குறைவாகப் பயன்படுத்தியவை என்றும் அடுக்கலாம். வேண்டாதவற்றில் டிக் போட்டு மொத்தமாக ஒரே தடவையில் நீக்கலாம். ஐபோனில் செட்டிங்ஸ், ஜெனரல், ஐபோன் ஸ்டோரேஜ். அங்கே ஒவ்வொரு ஆப்பின் கீழும் கடைசியாக எப்போது திறந்தீர்கள் என்றும் போட்டிருக்கும். இரண்டு வருடமாகத் தொடாத கேம் ஒன்று மூன்று ஜிபியைப் பிடித்துக்கொண்டிருப்பதைப் பார்க்கும்போது ஒரு கோபம் வரும் பாருங்கள், அது நல்ல கோபம்.

பார்த்த பிறகு, குற்றவாளி கேமே இல்லை என்றும் தெரியவரலாம். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் தினமும் காலை வந்து விழும் பூங்கொத்து வீடியோக்கள் பல வீடுகளில் எல்லா கேமையும் மிஞ்சும். அப்படியென்றால் கேமை விட்டுவிட்டு வாட்ஸ்அப் செட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா', 'மேனேஜ் ஸ்டோரேஜ்' பக்கம் போவதுதான் புத்திசாலித்தனம்.

சேமித்தது எங்கே இருக்கிறது?

இனி நான் செய்த தவறு. அக்கா மகன் ஏழாம் வகுப்பு படித்தபோது அக்காவின் போனில் ஒரு கேம் ஆடிக்கொண்டிருந்தான். ஒன்றரை வருட ஆட்டம். போன் மெதுவாகிறது என்று அக்கா என்னிடம் கொடுத்தாள். நான் பெரிய மனுஷனாக அந்த கேமை நீக்கினேன். "திரும்ப இன்ஸ்டால் பண்ணிக்கலாம், எங்கேயும் போகாது" என்றும் சொன்னேன். சாயங்காலம் அவன் மறுபடி இறக்கித் திறந்தான். முதல் நிலையிலிருந்து ஆரம்பித்தது. "மாமா, என் லெவல் எங்கே?" என்று கேட்டவனிடம் என்னால் பதில் சொல்ல முடியவில்லை. அவன் கெஸ்ட் லாகினில், அதாவது எந்த மெயில் ஐடியோடும் இணைக்காமல், ஆடியிருக்கிறான். அது எனக்குத் தெரியாது, கேட்கவும் இல்லை.

பெரியவர்கள் நினைப்பதுபோல் எல்லா கேமின் ஆட்டமும் 'கிளவுடில்', அதாவது இணையத்தில் உள்ள சர்வரில், இருப்பதில்லை. மூன்று விதம் உண்டு. சிலவற்றில் ஆட்டம் முழுக்க நிறுவனத்தின் சர்வரில் இருக்கும். கிளாஷ் ஆஃப் கிளான்ஸ் போன்றவை அந்த ரகம். அதை உருவாக்கிய நிறுவனத்தின் கணக்கான சூப்பர்செல் ஐடியில் இணைத்திருந்தால் வேறு போனில் போட்டாலும் உங்கள் ஊர் அப்படியே வரும். இரண்டாவது, போனிலேயே சேமிப்பவை. மைன்கிராஃப்டில் தனியாக ஆடும்போது கட்டும் உலகங்கள் போனில்தான் இருக்கும். ஆப்பை நீக்கினால் கோட்டை கொத்தளம் எல்லாம் சேர்ந்தே போகும். நீக்கும் முன் அந்த உலகத்தின் பக்கத்தில் இருக்கும் பென்சில் அடையாளத்தைத் தொட்டு, 'எக்ஸ்போர்ட் வேர்ல்டு' கொடுத்து ஃபைலை டிரைவிலோ கம்ப்யூட்டரிலோ வைத்துக்கொண்டால் பிறகு திரும்பக் கொண்டுவரலாம். மூன்றாவதுதான் ஏமாற்றுகிற ரகம். சர்வரில் இருக்கும், ஆனால் கெஸ்டாக நுழைந்திருந்தால் அந்தக் கணக்குக்கான சாவி உங்கள் போனில் மட்டுமே இருக்கும். ஆப் போனால் சாவியும் போகலாம். பெட்டி எங்கோ பத்திரமாக இருக்கும், உங்களால் திறக்க முடியாது.

கூகுள் பேக்அப் ஆனில் இருக்கிறதே என்று நம்பி இறங்கவும் வேண்டாம். ஆண்ட்ராய்டின் தானியங்கி பேக்அப் ஓர் ஆப்புக்கு 25 எம்பி வரைதான் எடுக்கும். அதையும் வேண்டாம் என்று தவிர்த்துக்கொள்ள ஆப்பை உருவாக்கியவருக்கு உரிமை உண்டு. பிளே கேம்ஸ் கணக்கில் உங்கள் பெயர் தெரிகிறது என்பதற்காக ஆட்டமும் அங்கே சேமிக்கப்படுகிறது என்று அர்த்தமில்லை. கேமைத் திறந்து, அதன் செட்டிங்ஸில் 'அக்கவுண்ட்' பகுதியில் கூகுள், ஃபேஸ்புக், ஆப்பிள் என ஏதாவது ஒன்றோடு இணைந்திருக்கிறதா என்று பார்ப்பது ஒன்றே வழி. இல்லையென்றால் இணைத்துவிட்டு, எந்த மெயில் ஐடி என்பதைக் குறித்து வையுங்கள். வீட்டில் நாலு மெயில் ஐடி இருந்தால் இந்தக் குறிப்பின் அருமை பிறகு புரியும். அதே பகுதியில் 'டிலீட் அக்கவுண்ட்' என்றும் ஒன்று இருக்கும். அது அன்இன்ஸ்டால் இல்லை, கணக்கையே ஒழிப்பது. தடுமாறித் தொட்டுவிடாதீர்கள்.

இதன் தம்பிதான் 'கிளியர் டேட்டா', சில போன்களில் 'கிளியர் ஸ்டோரேஜ்'. பக்கத்திலேயே 'கிளியர் கேச்' இருக்கும். கேச் என்பது தற்காலிகக் குப்பை. அழித்தால் ஒன்றும் ஆகாது, ஆடினால் மறுபடி சேரும். டேட்டா என்பது உங்கள் ஆட்டமும் லாகினும். கேமை வைத்துக்கொண்டு இடம் மட்டும் வேண்டும் என்று 'கிளியர் டேட்டா'வைத் தொட்டால், ஆப்பை நீக்காமலேயே நீக்கிய நஷ்டம் வரும். சில பெரிய கேம்களில் ஆடாத மேப்களையும் பழைய தொகுப்புகளையும் மட்டும் நீக்க உள்ளேயே வசதி உண்டு. அதை முதலில் தேடுங்கள்.

பாதி நீக்கம்

ஆப்பை எடுத்துவிட்டு டேட்டாவை மட்டும் வைத்துக்கொள்ளும் வழியும் இருக்கிறது. ஐபோனில் 2017-இல் ஐஓஎஸ் 11-உடன் வந்த 'ஆஃப்லோட் ஆப்', ஆண்ட்ராய்டில் 2023-இல் பிளே ஸ்டோர் கொண்டுவந்த 'ஆர்க்கைவ்'. ஆண்ட்ராய்டு 15-இல் ஆப் இன்ஃபோ பக்கத்திலேயே 'ஆர்க்கைவ்' பொத்தான் இருக்கிறது. ஐகான் அப்படியே நிற்கும், தொட்டால் மறுபடி இறங்கும், ஆட்டமும் விட்ட இடத்திலிருந்து தொடரும்.

ஆனால் இதை எல்லா கேமுக்கும் போட்டுவிட்டு இடம் வரவில்லை என்று புலம்புகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். இந்த முறையில் வெளியேறுவது ஆப்பின் உடம்பு மட்டும்தான். மேலே சொன்ன மேப்களும் குரல்களும் 'டாக்குமெண்ட்ஸ் அண்ட் டேட்டா' கணக்கில் இருந்தால் அவை அங்கேயே இருக்கும். ஆப் அரை ஜிபி, டேட்டா ஏழு ஜிபி என்று இருக்கும் கேமை ஆஃப்லோட் செய்தால் அரை ஜிபிதான் லாபம். இரண்டு எண்களையும் பார்த்துவிட்டு முடிவெடுங்கள்.

இன்னொரு சிக்கல், ஆர்க்கைவ் செய்தாலும் நீக்கினாலும், ஸ்டோரில் அந்த கேம் இருந்தால்தான் திரும்ப வரும். ஃபிளாப்பி பேர்டு நினைவிருக்கிறதா? 2014 பிப்ரவரியில் அதை உருவாக்கிய வியட்நாம்காரர் டாங் நுயென் தானே ஸ்டோர்களிலிருந்து எடுத்துவிட்டார். அந்த கேம் ஏற்றிய பழைய போன்களை இபேயில் தாறுமாறான விலைக்கு விற்பனைக்கு வைத்தார்கள். நம் நாட்டு உதாரணம், பப்ஜியின் இந்தியப் பதிப்பான பிஜிஎம்ஐ. 2022 ஜூலை இறுதியில் இரண்டு ஸ்டோர்களிலிருந்தும் மறைந்து, 2023 மே மாதம்தான் திரும்பியது. இடைப்பட்ட மாதங்களில், போனில் வைத்திருந்தவர்கள் ஆடினார்கள். இடத்துக்காக நீக்கியவர்களுக்கு ஸ்டோரில் அது கிடைக்கவில்லை. பிடித்த கேம் இப்போதும் ஸ்டோரில் இருக்கிறதா என்று பெயரைத் தேடிப் பார்க்கப் பத்து விநாடி ஆகுமா?

கேம் போனது, பணம் போய்க்கொண்டே இருக்கிறது

அன்இன்ஸ்டால் செய்தால் மாதச் சந்தா நின்றுவிடும் என்பது பரவலான நம்பிக்கை. நிற்காது. ஆப்பும் சந்தாவும் தனித்தனி. பிளே ஸ்டோரில் 'பேமெண்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்', ஐபோனில் செட்டிங்ஸின் உச்சியில் உங்கள் பெயர், அதில் 'சப்ஸ்கிரிப்ஷன்ஸ்'. அங்கே போய் ரத்து செய்த பிறகே கேமை நீக்குங்கள். யுபிஐ ஆட்டோபே கொடுத்திருந்தால் உங்கள் யுபிஐ ஆப்பிலும் 'ஆட்டோபே' பட்டியலைத் திறந்து பார்ப்பது நல்லது. பணம் எடுப்பதற்கு 24 மணி நேரத்துக்கு முன் அறிவிப்பு வர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. வருகிறதுதான், கடன் விளம்பரக் குறுஞ்செய்திகளுக்கு நடுவில் யார் பார்க்கிறார்கள்?

பணம் வைத்து ஆடும் ரம்மி, ஃபேன்டசி ஆப்கள் இருந்தால் இன்னும் கவனம். அந்த வகை ஆட்டங்களைத் தடை செய்யும் சட்டத்தை 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றியது. இனி எதற்கு என்று பலரும் ஆப்பைத் தூக்கி எறிந்தார்கள். வாலட்டில் மீதி இருக்கிறதா என்று பார்த்து, இருந்தால் வங்கிக் கணக்குக்கு மாற்றிய பிறகு எறிந்திருக்கலாம்.

போகாதவையும், போகக்கூடாதவையும்

போனோடு வந்த சில கேம்களுக்கு அன்இன்ஸ்டால் பொத்தானே இருக்காது, 'டிசேபிள்' மட்டும் இருக்கும். அப்டேட்டை நீக்கி டிசேபிள் செய்தால் கொஞ்சம் இடம் வரும். முழுதாக வராது. அதோடு விட்டுவிடுங்கள், அதற்காகப் போனின் உள் பூட்டை உடைத்து ரூட் செய்யக் கிளம்பாதீர்கள். குழந்தைகளுக்கென்று 'செகண்ட் ஸ்பேஸ்' போலத் தனி இடம் வைத்திருந்தால், இந்தப் பக்கம் நீக்கியது அந்தப் பக்கம் இருக்கும். அங்கேயும் நுழைந்து நீக்க வேண்டும்.

"ஒரே தட்டில் 10 ஜிபி சுத்தம்" என்று விளம்பரத்தில் வரும் கிளீனர் ஆப்களைப் பற்றி என் கருத்து கடுமையானது. இடமில்லாத வீட்டுக்குள் இன்னொரு ஆளைக் குடிவைக்கிற வேலை அது. அவை செய்யும் உருப்படியான வேலையைப் போனின் செட்டிங்ஸும் கூகுளின் 'ஃபைல்ஸ்' ஆப்பும் விளம்பரமில்லாமல் செய்கின்றன. ஆப்பை நீக்கியபின் மிச்சம் இருக்கும் என்று 'ஆண்ட்ராய்டு' ஃபோல்டருக்குள் புகுந்து கையால் துழாவுவதும் தேவையற்றது. கேமுக்குச் சொந்தமான டேட்டா, ஓபிபி (கூடுதல் ஃபைல்கள் இருக்கும் இடம்) ஃபோல்டர்களை அன்இன்ஸ்டாலே எடுத்துவிடும். தப்பித் தவறி வேறொரு ஆப்பின் ஃபோல்டரை அழித்தால்தான் வம்பு.

உண்மையில் மிச்சம் இருப்பது வேறு இடத்தில். ஜெயித்த ஆட்டங்களை ஸ்கிரீன் ரெக்கார்ட் செய்து வைத்திருப்பார்கள் பையன்கள். அவை கேலரியில் உட்கார்ந்திருக்கும், கேம் போனாலும் போகாது. பத்து நிமிடப் பதிவே பல நூறு எம்பி வரும். அக்கா மகனின் பழைய பதிவுகளைத் தேடியபோது நாற்பதுக்கு மேல் கிடைத்தன. நான் நீக்கிய கேமைவிட அவைதான் பெரிது. இந்தத் தடவை அவனைப் பக்கத்தில் உட்காரவைத்துக் கேட்டுக் கேட்டு அழித்தேன். நாலு வீடியோவை வைத்துக்கொண்டான்.

அழித்த பிறகும் எண் இறங்கவில்லை. கேலரியின் குப்பைத்தொட்டிக்குள் போயிருந்தன. ஐபோனின் 'ரீசன்ட்லி டெலீட்டட்' 30 நாள் வரை வைத்திருக்கும். கூகுள் போட்டோஸ், பேக்அப் ஆகாதவற்றை 30 நாளும் ஆனவற்றை 60 நாளும் வைத்திருக்கும். கூகுள் போட்டோஸில் நேராக அழித்தால் கிளவுடில் உள்ள பிரதியும் சேர்ந்தே போகும் என்பதால், பேக்அப் ஆனவற்றுக்கு அதிலேயே உள்ள 'ஃப்ரீ அப் ஸ்பேஸ்' தேர்வைப் பயன்படுத்தினால் போனிலிருந்து மட்டும் எடுக்கும். அவன் தலையாட்டிய பிறகு குப்பைத்தொட்டியைக் காலி செய்தேன். அப்போதுதான் ஸ்டோரேஜ் அளவைக் காட்டும் அந்தச் சிவப்புக் கோடு பின்வாங்கியது.