பாரிஸ்-ரூபே பந்தயத்தை முதல் தடவை பார்க்கப் போகிறீர்களா? படிப்படியாக ஒரு வழிகாட்டி

டூர் டி பிரான்ஸ் சைக்கிள் பந்தயம் எல்லோருக்கும் தெரியும். மூன்று வாரம் ஓடும், இன்றைக்குப் பின்தங்கினால் நாளைக்கு ஈடுகட்டிக்கொள்ளலாம். ஒரு நாள் பந்தயங்களில் அந்தப் பேச்சே கிடையாது. காலையில் கிளம்பினால் மாலையில் முடிவு தெரிந்துவிடும், முதலில் கோட்டைத் தாண்டுபவர் ஜெயித்தார், அவ்வளவுதான். இவற்றில் ஐந்தை மட்டும் தனியாக 'மான்யுமென்ட்' என்று சொல்வார்கள்: மார்ச்சில் மிலான்-சான்ரெமோ, ஏப்ரலில் டூர் ஆஃப் ஃபிளாண்டர்ஸ், பாரிஸ்-ரூபே, லீஜ்-பாஸ்தோன்-லீஜ், அக்டோபரில் இல் லொம்பார்தியா. ஐந்துமே நூறு வருடம் தாண்டியவை.

புதிதாகப் பார்க்க வருகிறவர்களிடம் பாரிஸ்-ரூபேயிலிருந்து ஆரம்பியுங்கள் என்றுதான் சொல்வேன். 1896-ல் தொடங்கிய பந்தயம், வட பிரான்ஸில் சுமார் 260 கிலோமீட்டர் ஓடுகிறது. மலையே கிடையாது. அதற்குப் பதிலாக சுமார் 55 கிலோமீட்டருக்குக் கருங்கல் பதித்த பழைய வண்டிப்பாதைகள் வயல்களுக்கு நடுவே துண்டு துண்டாக வருகின்றன. மலையேற்றம் எவ்வளவு கஷ்டம் என்பது டிவியில் பார்த்தால் தெரியாது, சாலை தட்டையாகத்தான் தோன்றும். ஆனால் இந்தக் கற்களின் மேல் ஒருவர் கை, தோள், கன்னம் எல்லாம் அதிர்வதைப் பார்த்தால் யாரும் விளக்க வேண்டியதில்லை.

ஆனாலும் ஒரு தயாரிப்பும் இல்லாமல் உட்கார்ந்தால் போரடிக்கும். மணிக்கணக்காக ஒரு கூட்டம் மிதித்துக்கொண்டே இருக்கும், கொஞ்ச நேரம் கவனம் சிதறித் திரும்பினால் யாரோ ஒருவர் தனியாக முன்னால் போய்க்கொண்டிருப்பார், எப்போது போனார் என்றே தெரியாது. அது தெரிய வேண்டுமென்றால் ஒரு விஷயத்தைப் பிடித்துக்கொண்டால் போதும். இந்தப் பந்தயத்தின் பாதி, கற்கள் தொடங்குவதற்கு முந்தைய இரண்டு கிலோமீட்டர் தார் ரோட்டில் நடக்கிறது. கீழே வருகிற எல்லாப் படிகளும் அதைப் பார்க்கக் கற்றுக்கொள்ளத்தான்.

படி 1: காற்றுக் கணக்கு

சமதளத்தில் 45 கி.மீ. வேகத்தில் போகிறவரின் சக்தியில் பெரும்பகுதி எதிர்க்காற்றைத் தள்ளவே செலவாகிறது. முன்னால் போகிறவரின் பின்சக்கரத்தை ஒட்டியே போனால் கிட்டத்தட்ட மூன்றில் ஒரு பங்கு உழைப்பு மிச்சமாகும். அதனால்தான் எல்லோரும் நெருக்கியடித்துக்கொண்டு போகிறார்கள். அந்தப் பெரிய கூட்டத்துக்குப் பெயர் பெலட்டான். ஓர் அணிக்கு 7 பேர். பெரும்பாலும் அதில் ஒருவர் அல்லது இருவர் ஜெயிப்பதற்காக வந்தவர்கள், மற்றவர்கள் அவர்களுக்காகக் காற்றை வாங்கிக்கொள்வதற்கும், தண்ணீர் பாட்டில் கொண்டு வருவதற்கும், தேவைப்பட்டால் தங்கள் சக்கரத்தையே கழற்றிக் கொடுப்பதற்கும் வந்தவர்கள்.

கற்களின் மேல் இந்தக் கணக்கு மாறுகிறது. பாதை குறுகல், ஒரு வண்டி போகிற அகலம்தான். முன்னால் நுழைகிற பத்துப் பேர், பாதையின் நடுவில் மேடாக இருக்கும் நடுமேட்டில், தங்களுக்கு வேண்டிய தடத்தைப் பிடித்து அதே வேகத்தில் போய்விடுவார்கள். எண்பதாவது ஆளுக்குப் புழுதிதான் தெரியும், எந்தக் கல் எப்படி இருக்கிறது என்று தெரியாது, யாராவது ஒருவர் தடுமாறினால் பின்னால் உள்ள அத்தனை பேரும் பிரேக் பிடிக்க வேண்டும். இரண்டு கிலோமீட்டர் கற்பாதை முடியும்போது அவர் முன்வரிசையைவிட அரை நிமிடம் பின்தங்கியிருப்பார், அவர் செய்த தப்பு எதுவும் இல்லாமலே. அதனால்தான் கற்களுக்கு முன்னால் உயிரைக் கொடுத்து முன்வரிசைக்கு அடித்துக்கொள்கிறார்கள்.

படி 2: கற்பாதைப் பட்டியலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்

போன் திரையில் வேண்டாம், ஒரு தாளில் எழுதியோ அச்செடுத்தோ வைத்துக்கொள்ளுங்கள். கற்பாதைத் துண்டு ஒவ்வொன்றுக்கும் 'செக்டார்' என்று பெயர், அதற்கு ஓர் எண் உண்டு, எண்கள் தலைகீழாக இறங்கும்: சுமார் 30-ல் தொடங்கி 1-ல் முடியும். ஒவ்வொன்றுக்கும் ஒன்றிலிருந்து ஐந்து வரை நட்சத்திரம். நீளம், கற்களின் நிலை, பந்தயத்தில் எந்த இடத்தில் வருகிறது என்பதையெல்லாம் பார்த்துக் கொடுப்பார்கள்.

ஐந்து நட்சத்திரம் மூன்றுக்குத்தான். முடிவுக்கு 95 கிலோமீட்டர் அளவில் இருக்கும்போது அரென்பர்க் காடு, 50-க்குச் சற்றுக் குறைவாக இருக்கும்போது மோன்-ஆன்-பெவேல், கடைசி 20-க்குள் கார்ஃபூர் த லாப்ர். இந்த மூன்றையும் சிவப்பில் வட்டமிடுங்கள். நாலு நட்சத்திரம் பெற்றவற்றை வேறு நிறத்தில் குறித்துக்கொள்ளுங்கள். மற்றவற்றுக்கு எண் தெரிந்தால் போதும்.

படி 3: முதல் நாள் வானிலை பாருங்கள்

காய்ந்திருந்தால் புழுதி, மழை பெய்திருந்தால் சேறு. சேற்றில் நடுமேடு வழுக்கும், ஓரத்து மண்பாதையும் உதவாது. 2021-ல் கோவிட் காரணமாகப் பந்தயம் அக்டோபருக்குத் தள்ளிப்போனபோது அப்படித்தான் ஆனது, ஜெயித்த சன்னி கொல்ப்ரெல்லியின் முகமே சேற்றுக்குள் தெரியவில்லை. மழையைவிட அதிகம் பேர் கவனிக்காமல் விடுவது காற்றின் திசை. பாதை பொதுவாகத் தெற்கிலிருந்து வடக்கே போகிறது, அதனால் தென்மேற்குக் காற்று அடித்தால் முதுகில் தள்ளும், எல்லாமே சீக்கிரம் முடியும், முன்னால் தனியாகப் போனவரைப் பிடிப்பதும் கஷ்டம்.

படி 4: எப்போது உட்காருவது

ஏப்ரலில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. பாரிஸ் என்று பெயரில் இருந்தாலும் 1977 முதல் கொம்பியேன் என்ற ஊரிலிருந்துதான் கிளம்புகிறார்கள். முதல் 95 கிலோமீட்டருக்குக் கல்லே கிடையாது. அந்த நேரத்தில் சிலர் முன்னால் தப்பித்துப் போவார்கள், அவர்களை பிரேக்அவே என்பார்கள். யார் போனார்கள் என்று மட்டும் பெயரைக் குறித்துக்கொண்டு உங்கள் வேலையைப் பாருங்கள். ட்ருவாவில் என்ற கிராமத்துக்குப் பக்கத்தில் முதல் கற்கள். இந்தியாவிலும் இலங்கையிலும் மாலை 6 மணிவாக்கில் உட்கார்ந்தால் அரென்பர்க் காட்டுக்குச் சரியாக இருக்கும், 8 அல்லது 9 மணிக்குள் முடிந்துவிடும். அந்தந்த ஆண்டின் கிளம்பும் நேரத்தை மட்டும் ஒரு தடவை சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

படி 5: அரென்பர்க் காட்டை எப்படிப் பார்ப்பது

இதற்கு நேரம் ஒதுக்குங்கள், ஏனென்றால் மேலே சொன்ன அத்தனையும் இங்கே ஒரே இடத்தில் தெரியும். மரங்களுக்கு நடுவே நூல் பிடித்ததுபோல் நேராக 2.3 கிலோமீட்டர். கீழே ஒரு காலத்தில் நிலக்கரிச் சுரங்கம் ஓடியது. அந்தச் சுரங்கத்தில் வேலை பார்த்தவர் ழான் ஸ்தாப்லின்ஸ்கி, பிறகு சைக்கிள் வீரராகி 1962-ல் உலக சாம்பியன் ஆனார். அவர் காட்டிக்கொடுத்துத்தான் 1968-ல் இந்தப் பாதை பந்தயத்துக்குள் வந்தது. காட்டின் வாயிலில் அவருக்கு ஒரு நினைவுக்கல் இருக்கிறது.

ஹெலிகாப்டர் காட்சி வரும்போது கூட்டத்தின் தலையைப் பாருங்கள். காட்டுக்கு ஐந்து கிலோமீட்டர் இருக்கும்போது ஒரே நிறச் சட்டை போட்ட நாலு பேர் வரிசையாக முன்னேறுவார்கள், நாலாவது ஆள் அந்த அணியின் தலைவர். அவரைக் குறித்துக்கொள்ளுங்கள். வேகம் ஏறிக்கொண்டே இருக்கும், சாலையின் இரண்டு ஓரத்திலும் முட்டிக்கொண்டு வருவார்கள், முதல் வரிசையில் இருந்த அணி ஒரே நிமிடத்தில் முப்பதாவது இடத்துக்குப் போய்விடும். விழுகிற ஆபத்து அவ்வளவு அதிகம் என்பதால் சமீப ஆண்டுகளில் வாயிலுக்கு முன்னால் திருப்பங்கள் சேர்த்து வேகத்தைக் குறைக்கப் பார்த்திருக்கிறார்கள். என்னைக் கேட்டால் அது நல்ல முடிவு. 1998-ல் யோஹான் மூஸேவ் இங்கே விழுந்து முழங்கால் சில்லு நொறுங்கி, அதில் தொற்று ஏறி, காலையே எடுக்க வேண்டியிருக்குமோ என்ற நிலைக்குப் போனார். 2000-ல் அதே பந்தயத்தை ஜெயித்துக் கோட்டைத் தாண்டும்போது அந்த முழங்காலைத் தூக்கிக் காட்டினார்.

உள்ளே நுழைந்ததும் கைகளைப் பாருங்கள். நன்றாக ஓட்டுகிறவர் ஹேண்டில்பாரை இறுக்கிப் பிடிக்க மாட்டார், கை தளர்வாக மேலே இருக்கும், கனமான கியரை மெதுவாக மிதிப்பார், சைக்கிள் அடியில் துள்ளிக்கொண்டிருக்க உடம்பு மட்டும் அமைதியாக இருக்கும். இறுக்கிப் பிடிக்கிறவர் சீக்கிரம் களைத்துப்போவார். டயரும் அகலம், 30 அல்லது 32 மில்லிமீட்டர், காற்றும் வழக்கத்தைவிடக் குறைவாகத்தான் அடித்திருப்பார்கள். கல்லின் மேல் துள்ளாமல் ஒட்டிப் போவதற்காக. பந்தயத்துக்கு முன்னால் இந்தக் கற்களுக்கு இடையே வளர்ந்த புல்லைத் தின்ன ஆடுகளை மேயவிட்டிருக்கிறார்கள் என்பது எனக்கு மிகவும் பிடித்த தகவல். கற்களைப் பழுதுபார்த்துப் பாதுகாப்பதற்கென்றே 'பாரிஸ்-ரூபேயின் நண்பர்கள்' என்று ஒரு சங்கமும் இருக்கிறது.

காட்டை விட்டு வெளியே வந்ததும் எண்ணுங்கள். முதல் குழுவில் எத்தனை பேர், எந்த அணிக்கு இரண்டு மூன்று பேர் மிச்சம், யார் தனியாக மாட்டிக்கொண்டார்கள். தாளில் எழுதிக்கொள்ளுங்கள். அடுத்த ஒரு மணி நேரம் அந்த எண்ணிக்கைதான் எல்லாவற்றையும் தீர்மானிக்கும்.

படி 6: இடைவெளியைப் படிப்பது

சைக்கிள் பந்தயத்தில் பழைய கணக்கு ஒன்று உண்டு: ஒரு நிமிட இடைவெளியைப் பிடிக்கப் பெலட்டானுக்குப் பத்து கிலோமீட்டர் வேண்டும். முடிவுக்கு 40 கிலோமீட்டர் இருக்கும்போது 3 நிமிடம் முன்னால் இருப்பவர் பொதுவாகப் பிடிபடுவார். ரூபேயில் இதை அப்படியே நம்பிவிடாதீர்கள். துரத்துவதற்கு ஒழுங்கான கூட்டமே மிஞ்சியிருக்காது, களைத்துப்போன ஏழெட்டுப் பேர் 'நீ முன்னால் போ' என்று ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

அதனால்தான் காலையில் தப்பித்துப் போனவர்களின் பெயரைக் குறித்துவைக்கச் சொன்னேன். 2016-ல் மாத்யூ ஹேமன் என்ற 37 வயது ஆஸ்திரேலியர் அப்படிக் காலையிலேயே முன்னால் போனவர். சில வாரங்களுக்கு முன்னால்தான் கை எலும்பு முறிந்து, வீட்டுக்குள் நிறுத்திவைத்த சைக்கிளில் பயிற்சி செய்துவிட்டு வந்திருந்தார். பெரிய பெயர்கள் பின்னாலிருந்து வந்து சேர்ந்தபோதும் அவர் கழன்றுபோகவில்லை. கடைசியில் ஐந்து பேர், அதில் டாம் பூனன் ஐந்தாவது வெற்றிக்காக வந்தவர், ஹேமன் அவரையே வேகப்போட்டியில் ஜெயித்தார். நேரலைக்கு முன்னால் பழகிப் பார்க்க ஒரு பழைய பந்தயம் வேண்டுமென்றால் இதன் கடைசி 100 கிலோமீட்டரைத் தேடிப் பாருங்கள். மோன்-ஆன்-பெவேல் கற்களில் நட்சத்திர வீரர் கான்செலாரா விழுவதும், பின்னால் வந்த இன்னொரு நட்சத்திரம் சாகன் விழாமல் அவரைத் தாண்டிப் போவதும் இதில்தான்.

பெண்கள் பந்தயத்தையும் விடாதீர்கள். 2021-ல்தான் முதல் தடவை நடந்தது. லிஸி டைக்னன் தன் அணித் தலைவிகளுக்காக முதல் கற்களுக்கு முன்னால் முன்வரிசைக்குப் போனவர், திரும்பிப் பார்த்தால் பின்னால் ஆளே இல்லை. சரி, போய்விடலாம் என்று போனார், 82 கிலோமீட்டர் தனியாக, ஈரக் கற்களில். கையுறை போடாத கைகள் கிழிந்து ஹேண்டில்பார் நாடாவெல்லாம் ரத்தம். கற்களுக்கு முன்னால் முன்வரிசையில் இருப்பது என்றால் என்ன என்பதற்கு இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியாது.

படி 7: பஞ்சரைக் கணக்கில் சேருங்கள்

அணிக் கார் குறுகலான கற்பாதையில் கூட்டத்தைத் தாண்டி வர முடியாது. அதனால் பாதையின் முடிவில் அணி ஆட்கள் கையில் சக்கரத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். பஞ்சர் ஆனவரின் உதவியாளர் பக்கத்தில் இருக்கிறாரா, அடுத்த சக்கரம் எவ்வளவு தூரத்தில் என்று பாருங்கள். 2023-ல் கார்ஃபூர் த லாப்ரில் வவுட் வான் ஆர்ட்டும் மத்யூ வான் டெர் போயெலும் மற்றவர்களை உதறிவிட்டு முன்னேறிய அதே நேரத்தில் வான் ஆர்ட்டின் டயர் போனது. சக்கரம் மாற்றுவதற்குள் வான் டெர் போயெல் கண்ணுக்கு மறைந்துவிட்டார். இதை வெறும் அதிர்ஷ்டம் என்று தள்ளிவிடுபவர்கள் உண்டு. எனக்கு அதில் பாதி உடன்பாடுதான். முன்னால் இருப்பவருக்குத் தடத்தைத் தேர்ந்தெடுக்க முடிகிறது, பின்னால் இருப்பவர் கிடைத்த கல்லில் ஏறுகிறார், அதனால் டயர் போகிற வாய்ப்பும் பின்னால்தான் அதிகம். வான் டெர் போயெல் 2023, 2024, 2025 மூன்று வருடமும் ஜெயித்தார் என்பதை அதிர்ஷ்டம் என்று சொல்ல முடியாது. 2025-ல் முதல் தடவை வந்த டாடெய் பொகாச்சார் அவரோடு சரிசமமாகப் போய், முடிவுக்கு 38 கிலோமீட்டர் இருக்கும்போது ஒரு திருப்பத்தைத் தவறாகக் கணித்து விழுந்தார், இரண்டாவதாக வந்தார்.

படி 8: வெலட்ரோம்

முடிவு ரூபே நகரத்தின் திறந்தவெளி சைக்கிள் மைதானத்தில். உள்ளே வந்து ஒன்றரைச் சுற்று. குழுவாக வந்தால் எல்லோரும் வேகத்தைக் குறைத்து, ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டே சாய்தளத்தில் மேலே ஏறுவார்கள்; முதலில் கிளம்புகிறவர் மற்றவர்களுக்குக் காற்றை மறைத்துக் கொடுத்துவிடுவார் என்பதால். மணி அடித்தால் கடைசிச் சுற்று. ஜெயித்தவருக்குப் பரிசு, பீடத்தில் ஏற்றிய ஒரு பாதைக்கல். உடனே டிவியை அணைத்துவிடாதீர்கள், அரை மணி நேரம் கழித்து வருகிறவர்களையும் மைதானம் கைதட்டி வரவேற்கும். அங்கே வீரர்களின் பழைய குளியலறை அப்படியே இருக்கிறது, ஒவ்வொரு தடுப்பிலும் முன்பு ஜெயித்தவர் ஒருவரின் பெயர் பொறித்த பித்தளைத் தகடு.

அப்புறம் என்ன பார்க்கலாம்?

ஏப்ரல் கடைசியில் லீஜ்-பாஸ்தோன்-லீஜ். 1892-ல் தொடங்கியது, ஐந்திலும் மூத்தது. கல்லுக்குப் பதில் பெல்ஜியத்தின் செங்குத்தான குறுகிய ஏற்றங்கள், உடல்வாகே வேறான வீரர்கள். பட்டியலில் லா ரெதூத் ஏற்றத்தைச் சிவப்பில் வட்டமிட்டு, அதன் அடிவாரத்துக்கு இரண்டு கிலோமீட்டர் முன்னாலிருந்து பார்க்கத் தொடங்குங்கள்.