வேலை-நாள் கணக்குல எக்ஸ் எங்க போடணும்?

குரூப் 4-க்கு படிக்கிறவங்க நிறைய பேர் இந்தக் கணக்குக்கு 'பெருக்கி மேல போடு, கூட்டி கீழ போடு'னு ஷார்ட்கட்ட மட்டும் மனப்பாடம் பண்ணிட்டுப் போயிடுறாங்க, கேள்விய லேசா திருப்பிக் கேட்டா பேனா அப்படியே நின்னுடும்.

முதல்ல ஒண்ணு புரிஞ்சிக்கோங்க, நாள கூட்டவே கூடாது. ராமு ஒரு சுவர 20 நாள்ல கட்டுவாரு, சோமு 30 நாள்னா, சேர்ந்து கட்ட 25 நாள்னு சராசரி போடுறவங்க இருக்காங்க. ராமு தனியாவே 20-ல முடிக்கிறாரே, சோமு வந்து என்ன இடிச்சாரா? கூட்ட வேண்டியது ஒரு நாள் வேலைய. 1/20 + 1/30 = 5/60, அதாவது 1/12. அப்ப 12 நாள்.

இப்ப இதையே திருப்புவோம். சேர்ந்தா 12 நாள், தனியா செஞ்சா சோமுவுக்கு ராமுவ விட 10 நாள் கூட ஆகும், ராமுவுக்கு எத்தனை நாள்? தெரியாதது ராமுவோட நாள், அதுதான் எக்ஸ். சோமு எக்ஸ்+10.

1/எக்ஸ் + 1/(எக்ஸ்+10) = 1/12

குறுக்கப் பெருக்கினா எக்ஸ்² − 14எக்ஸ் − 120 = 0, காரணிப்படுத்தினா (எக்ஸ்−20)(எக்ஸ்+6) = 0. நாள் மைனஸ்ல வராது, அதனால −6-அ தூக்கிப் போட்டுடுங்க, விடை 20. கூட நாள் எடுக்கிற சோமுவோட நாள எக்ஸ்னு வச்சாலும் தப்பில்ல, ஆனா கடைசில கேட்டது யாரோட நாள்னு பாக்காம டிக் அடிச்சிட்டு வந்து புலம்பக்கூடாது (நான் புலம்பியிருக்கேன்).

அடுத்த டைப், பாதில ஓடிப்போறவரு. ரெண்டு பேரும் சேர்ந்து ஆரம்பிக்கிறாங்க, வேலை முடியுறதுக்கு 5 நாள் முன்னாடி ராமு காதுகுத்துனு கிளம்பிட்டாரு, மொத்தம் எத்தனை நாள் ஆச்சு? மொத்தத்த எக்ஸ்னு வைங்க. சோமு எக்ஸ் நாளும் இருந்தாரு, ராமு எக்ஸ்−5 நாள்.

(எக்ஸ்−5)/20 + எக்ஸ்/30 = 1

வலது பக்கம் 1, ஏன்னா அது முழு சுவர். பின்னம் பிடிக்கலனா 20, 30-க்கு மீ.சி.ம. 60, சுவர்ல 60 செங்கல்னு நினைச்சுக்கோங்க, ராமு நாளைக்கு 3, சோமு 2 (இவ்ளோ ஸ்லோ கொத்தனார் எங்கயும் கிடைக்க மாட்டாரு, கணக்குக்கு ஓகே). 3(எக்ஸ்−5) + 2எக்ஸ் = 60, எக்ஸ் = 15. செக் பண்ணுங்க: ராமு 10 நாள்ல 30 செங்கல், சோமு 15 நாள்ல 30.

தொட்டி, குழாய் கணக்கும் இதேதான், ஓட்டைக்கு மட்டும் மைனஸ். 4 மணி நேரத்துல நிரப்புற குழாய், 6 மணி நேரத்துல காலி பண்ற ஓட்டை: 1/4 − 1/6 = 1/12, 12 மணி நேரம்.