விளக்கின் முன் அமரும் முறை: வடசென்னையின் சிறு வீடுகளுக்கு

இராமலிங்க அடிகள் என்றதும் நமக்கு வடலூர்தான் நினைவுக்கு வருகிறது. ஆனால் 1823-இல் மருதூரில் பிறந்த அவர், குழந்தைப் பருவத்திலேயே சென்னைக்கு அழைத்துவரப்பட்டு, 1858-இல் இந்நகரை விட்டு நீங்கும்வரை தம் வாழ்நாளின் பெரும்பகுதியை ஏழுகிணறு வீராசாமிப் பிள்ளைத் தெருவில் தமையனார் குடும்பத்தோடு கழித்தவர். அந்த வீட்டின் அறையொன்றில் சுவரில் கண்ணாடி மாட்டி, அதன் முன் விளக்கேற்றி அமர்ந்து, கண்ணாடிக்குள் தணிகை முருகனைக் கண்டார் என்று அவருடைய வரலாற்றில் சொல்லப்படுகிறது. ஒளியின் முன் அமர்ந்து அறிவை அறியும் பயிற்சிக்கு மலையும் குகையும் தேவை என்று எண்ணித் தயங்குபவர்கள் இதை மனத்தில் கொள்ள வேண்டும். பழைய வண்ணாரப்பேட்டையிலோ இராயபுரத்திலோ ஒற்றை அறையில் ஐந்து பேரோடு குடியிருப்பவரும் இதைச் செய்யலாம்.

முதலில் விளக்கு. ஒரு முகம் ஏற்றிய அகலே போதுமானது. நல்லெண்ணெய் ஊற்றி, பஞ்சுத் திரியின் நுனி சிறிதளவே வெளியே தெரியுமாறு வைத்து ஏற்றினால் சுடர் புகையாமல் நிற்கும். திரி நீண்டால் சுடர் பெரிதாகிக் கரி பறக்கும், கண் எரியும். கடலை ஒட்டிய காசிமேடு, திருவொற்றியூர்ப் பகுதிகளில் காற்று சுடரை ஒரு நிமிடம்கூட அசையாமல் நிற்க விடாது. சன்னலைச் சாத்தி மின்விசிறியையும் நிறுத்தினால் புழுக்கத்தில் உட்கார முடியாது. இரண்டுக்கும் சேர்த்து நான் பரிந்துரைப்பது, அரிக்கேன் விளக்குக்குப் போடும் சிம்னிக் கண்ணாடி. அடியில் காற்றுப் புகுவதற்குச் சிறிது இடைவெளி விட்டு அதை அகலைச் சுற்றி நிறுத்தினால் சுடர் நேராக எழும். ஒளியை வழிபட அடிகள் வடலூரில் அமைத்த ஞானசபையிலும் ஜோதிக்கு முன் கண்ணாடி நிற்கிறது. எரிவாயு உருளை, கொடியில் தொங்கும் துணி, திரைச்சீலை ஆகியவற்றிலிருந்து விளக்கைத் தள்ளி வையுங்கள். விளக்கு எரியும்போது அறையை விட்டு வெளியே போகாதீர்கள்.

நேரம் விடியலுக்கு முந்தியதாக இருப்பது நல்லது. தண்ணீர் லாரி வந்து குடங்கள் வரிசை கட்டுவதற்கு முன்பு கிடைக்கும் அரைமணி நேரத்தைப் பயன்படுத்திக்கொள்ளுங்கள். கண்டெய்னர் லாரிகளின் இரைச்சலும் துறைமுகத்துச் சங்கொலியும் அப்போதும் கேட்கத்தான் செய்யும். அவற்றைத் தடுக்க முயல வேண்டாம். காதில் விழுவது விழட்டும்.

சுடர் கண்மட்டத்திலோ சற்றுத் தாழ்வாகவோ, ஒரு முழத்துக்கு அதிகமான தொலைவில் இருக்கட்டும். தரையில் சம்மணமிட முடியாதவர் நாற்காலியில் அமரலாம். கண்ணீர் வழியும்வரை இமைக்கக் கூடாது என்று கற்பிப்பவர்கள் இருக்கிறார்கள். அதை நான் ஏற்பதில்லை. கண்ணை வருத்திப் பெறும் காட்சியால் அறிவுக்கு ஒரு பயனும் இல்லை. இயல்பாக இமைத்தபடி ஐந்து நிமிடம் சுடரைப் பாருங்கள்: அடியில் நீலம், அதற்கு மேல் திரியைச் சூழ்ந்த மங்கல், அதற்கும் மேல் கரித்துகள்கள் கனன்று தரும் பொன்மஞ்சள். வலிப்பு நோய் உள்ளவர்களும், கண் அறுவை செய்துகொண்டவர்களும் மருத்துவரைக் கேட்காமல் இதைத் தொடங்கக் கூடாது.

பிறகு கண்ணை மூடுங்கள். பயிற்சியின் உயிர் இனிமேல்தான் இருக்கிறது, ஆகவே இதைச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும். மூடிய இமைக்குள் சுடரின் வடிவில் ஒரு பொட்டு தோன்றும். அது சிறிது நேரம் ஒளிர்ந்து, விளிம்பில் நிறம் மாறி, பச்சையாகவோ ஊதாவாகவோ மங்கி, கண் திரும்பும் பக்கமெல்லாம் நகர்ந்து, மறைவதுபோல் மறைந்து மீண்டும் ஒருமுறை தலைகாட்டும். புதிதாகத் தொடங்குபவர்கள் பலர் இதையே அருட்காட்சி என்று நம்பிவிடுகிறார்கள். இது விழித்திரையின் ஒளியுணரும் செல்கள் களைத்துப்போனதால் தோன்றும் பின்பிம்பம். சுடருக்குப் பதிலாக மின்விளக்கைப் பார்த்தாலும் வரும். இதைத் தெரிந்துகொள்வதால் பயிற்சியின் புனிதம் குறைந்துவிடாது, ஏனெனில் நாம் தேடுவது அந்தப் பொட்டை அன்று. பொட்டு தோன்றியதை ஏதோ ஒன்று அறிந்தது. அது மங்கியதையும் அறிந்தது. எல்லாம் போய் இருள் மட்டும் எஞ்சியபோது, இருள் என்பதையும் அதுவே அறிந்தது. பொட்டு மங்கியபோது அந்த அறிவும் சேர்ந்து மங்கியதா என்று உங்களையே கேளுங்கள். விடையைச் சொற்களில் தேடாமல், அறிவது எதுவோ அதிலேயே கவனத்தை வைத்து இருங்கள். ஒரு மூச்சு நேரம் நின்றாலும் போதும். எண்ணம் குறுக்கிட்டால் கண்ணைத் திறந்து சுடரிலிருந்து மீண்டும் தொடங்கலாம்.

1872-ஆம் ஆண்டு தைப்பூசத்தன்று வடலூரில் முதல் ஜோதி தரிசனம் நடந்தது. ஜோதிக்கு முன் கருமை, நீலம், பச்சை, செம்மை, பொன், வெண்மை, கலப்பு என ஏழு நிறத் திரைகள் தொங்க, தைப்பூசத்தில் அவை ஒவ்வொன்றாக விலக்கப்படுகின்றன. அத்திரைகள் அறிவை மறைக்கும் மாயையைக் குறிப்பவை. இமைக்குள் நிறங்கள் வந்து போகும்போது ஒவ்வொன்றையும் ஒரு திரையாக எண்ணி விலக விடுவது எனக்குப் பெரிதும் கைகொடுக்கிறது. இது என் வழக்கமே தவிர விதியன்று.

இப்பயிற்சியின் மறுபாதி அடுப்படியில் இருக்கிறது. அடிகள் 1867-இல் தருமச்சாலையைத் தொடங்கிப் பசித்தவர்க்குச் சோறிட்டார். ஞானசபை அதற்குப் பிறகே எழுந்தது. இந்த வரிசையை நான் தற்செயல் என்று கருதவில்லை. எல்லா உயிரிலும் அறிவாக விளங்குவது ஒரே ஒளி என்று கொண்டவருக்கு, அடுத்த வீட்டுப் பசியும் தம் பசியே. ஆகவே விளக்கேற்றும் முன் நம் பாட்டிமார் செய்ததுபோலப் பிடியரிசி எடுத்துத் தனிப்பானையில் போடுங்கள். நாளொன்றுக்கு ஒரு பிடி போதும். பானை நிறைந்ததும் அன்னதானம் நடக்கும் இடத்தில் சேர்க்கலாம். அருகில் யாரேனும் பசித்திருப்பது தெரிந்தால் நிறையும்வரை காத்திருக்க வேண்டாம். அவருக்கு அரிசியாகக் கொடுக்காமல், குழம்போடு சோறாக்கிக் கொடுங்கள். நடைபாதையில் படுத்திருப்பவரிடம் அடுப்பு இருக்காது.