கோவையிலிருந்து கொச்சிக் கடலோரம்: வழிகாட்டியோடு ஒரே நாளில் போய்வருவது எப்படி

கொங்கு நாட்டில் கடல் பார்க்க வேண்டும் என்றால் பலருக்கும் முதலில் நினைவுக்கு வருவது இராமேசுவரமும் கன்னியாகுமரியும்தான். கோவையிலிருந்து இரண்டுமே ஏறத்தாழ 400 கிலோமீட்டர். ஒரே நாளில் போய்வந்தால் வண்டிக்குள் கழிந்த நேரம்தான் மிஞ்சும். மேற்கே பாலக்காட்டுக் கணவாய் வழியாகப் போனால் 200 கிலோமீட்டரில் ஃபோர்ட் கொச்சி வந்துவிடும். வழியில் மலை ஏற்றமே இல்லை. சங்க காலத்தில் கொடுமணலில் பட்டை தீட்டிய கல்மணிகள் சேரநாட்டு முசிறித் துறைமுகம் போனதும் இந்தக் கணவாய் வழியாகத்தான் என்பது ஆய்வாளர்கள் கருத்து.

ஒரு நாளுக்கு ஏற்ற தூரம் ஃபோர்ட் கொச்சியில் தொடங்கி, வைப்பின் தீவின் நீளத்துக்கும் வடக்கே போய், செறாய் கடற்கரையில் முடியும் 25 கிலோமீட்டர். இதோடு ஆலப்புழையையோ அதிரப்பள்ளி அருவியையோ சேர்த்து விற்கும் பேக்கேஜை எடுக்காதீர்கள். சேர்க்கும் ஒவ்வோர் இடமும் கடலோரத்தில் நிற்கும் நேரத்திலிருந்துதான் ஒன்றரை மணி நேரத்தைப் பிடுங்கும்.

எந்த மாதம், எந்தக் கிழமை

நவம்பர் முதல் பிப்ரவரி வரை கடல் அடங்கியிருக்கும், புழுக்கமும் குறைவு. ஜூன் முதல் செப்டம்பர் வரை தென்மேற்குப் பருவமழையில் அலை கரையையே அரிக்கும். செறாயில் சில இடங்களில் மணல் காணாமல் போய்க் கருங்கல் தடுப்புச் சுவர் மட்டும் நிற்கும். கேரளத்தில் ஜூன் 9 நள்ளிரவிலிருந்து ஜூலை 31 வரை இழுவைப் படகுகளுக்குத் தடை உண்டு என்பதால், அந்த நாட்களில் மீன் வரத்து குறைந்து விலை ஏறியிருக்கும்.

கோடையில் போகிறவர்கள் கள்ளக்கடலைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டும். தெற்கே வெகு தொலைவில், இந்தியப் பெருங்கடலில் அடிக்கும் புயற்காற்று எழுப்பும் நெட்டலை, இரண்டு மூன்று நாள் கழித்துக் கேரளக் கரைக்கு வந்து சேரும். இங்கே காற்றும் இருக்காது, மேகமும் இருக்காது. வெயில் அடித்துக்கொண்டிருக்கும்போதே தண்ணீர் ஏறி வரும். ஹைதராபாத்தில் உள்ள இன்காய்ஸ் நிறுவனம் இதற்கு முன்னெச்சரிக்கை வெளியிடுகிறது. புறப்படுவதற்கு முந்தைய நாள் மாலை அதைப் பாருங்கள். எச்சரிக்கை இருந்தால் பயணத்தைத் தள்ளிப்போடுங்கள், கடலில் இறங்காமல் போய்வரலாம் என்று சமாதானம் சொல்லிக்கொள்ள வேண்டாம். பிள்ளைகள் கூட இருந்தால் அது நடக்காது.

கிழமையில் செவ்வாய், புதன், வியாழன் நல்லவை. மட்டாஞ்சேரி அரண்மனைக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை, யூத ஆலயத்துக்குச் சனிக்கிழமை விடுமுறை. திருப்பூர்க் கம்பெனிக்காரர்களுக்கு ஞாயிறு ஒன்றுதான் வாய்க்கும். அப்படியானால் ஃபோர்ட் கொச்சியின் புனித பிரான்சிஸ் தேவாலயத்தில் காலைப் பிரார்த்தனை முடிந்த பிறகு உள்ளே போகும்படி நேரத்தை மாற்றிக்கொள்ளுங்கள், செறாயில் கூட்டம் இருக்கும் என்பதையும் கணக்கில் வையுங்கள். கேரளத்தில் ஹர்த்தால் (முழு அடைப்பு) அறிவித்திருக்கிறார்களா என்று இரண்டு நாள் முன்பே பார்த்துவிட வேண்டும்.

வண்டி பேசுவது

மஞ்சள் பலகையில் கறுப்பு எழுத்து இருக்கும் வாடகை வண்டியைத்தான் பேச வேண்டும். தெரிந்தவர் வண்டி, வாடகை குறைவு என்று வெள்ளைப் பலகை வண்டியில் காசு கொடுத்துப் போனால், விபத்து நேர்ந்தால் காப்பீட்டுக் கோரிக்கை சிக்கலாகும், கேரள எல்லையான வாளையாற்றில் வண்டியையே நிறுத்தி வைக்கலாம். வாடகை வண்டிக்கு அகில இந்தியச் சுற்றுலா அனுமதி இருக்கிறதா, இல்லையென்றால் கேரள வரியையும் தற்காலிக அனுமதியையும் முன்கூட்டியே ஆன்லைனில் கட்டிவிட்டார்களா என்று கேட்டு, ரசீதின் படத்தை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். 'செக்போஸ்டில் பார்த்துக்கலாம்' என்று சொல்கிறவரிடம் முன்பணம் கொடுக்காதீர்கள்.

வாடகைக் கணக்கில் ஒரு விஷயம் பலருக்கும் தெரிவதில்லை. பெரும்பாலான வண்டிக்காரர்களுக்கு ஒரு நாள் என்பது 24 மணி நேரம் அல்ல, நள்ளிரவு 12 முதல் மறுநாள் நள்ளிரவு 12 வரை. இரவு 11 மணிக்குப் புறப்பட்டு மறுநாள் இரவு 11 மணிக்குத் திரும்பினால் இரண்டு நாள் வாடகை. அதிகாலை 3.30க்குக் கிளம்பி இரவு 11.30க்குள் இறங்கினால் ஒரு நாள். ஒரு நாளுக்குக் குறைந்தபட்சம் 250 அல்லது 300 கிலோமீட்டர் என்று வைத்திருப்பார்கள். இந்தப் பயணம் ஏறத்தாழ 400 ஓடும். அதற்கு மேல் டோல், டிரைவர் பேட்டா, பார்க்கிங், அனுமதிக் கட்டணம். இவற்றில் எது வாடகையில் அடக்கம், எது தனி என்று வாட்ஸாப்பில் எழுதி வாங்குங்கள்.

டிரைவர் 20 மணி நேரம் விழித்திருக்கப் போகிறார். ஆபத்தான நேரம் திரும்பும்போது திருச்சூர் தாண்டிய பிறகு வரும். நீங்கள் ஃபோர்ட் கொச்சியில் நடக்கும் நேரத்தில் அவர் வண்டியில் இரண்டு மணி நேரமாவது தூங்க வேண்டும். அந்த நேரத்தில் அவரை மட்டாஞ்சேரிக்கு ஒரு நடை போய்வரச் சொல்லக் கூடாது.

ஈரோடு, கரூர்க்காரர்களுக்கு வண்டிப் பயணம் இன்னும் இரண்டு மணி நேரத்துக்கு மேல் கூடும். அவர்கள் ரயிலில் ஆலுவா இறங்கி, அங்கிருந்து உள்ளூர் வண்டியை அமர்த்திக்கொள்வதுதான் உடம்புக்கு நல்லது. ஆலுவாவிலிருந்து பறவூர் வழியாகச் செறாய் சுமார் 25 கிலோமீட்டர்.

வழிகாட்டி

நம் ஊர் டூர் ஏற்பாட்டாளர் 'கைடு இருக்கார்' என்றால் பல சமயம் அது டிரைவரையோ அந்த ஏற்பாட்டாளரையோதான் குறிக்கும். வழி தெரிந்தவர் வேறு, அந்தக் கரையைத் தெரிந்தவர் வேறு. கொச்சியிலேயே இருக்கும், சுற்றுலாத் துறையின் அடையாள அட்டை உள்ள, தமிழ் பேசும் வழிகாட்டியை எட்டு மணி நேரத்துக்கு அமர்த்துங்கள். காலை 8.30க்கு ஃபோர்ட் கொச்சியில் ஏறி, மாலை செறாயில் விடைபெறுவார். திரும்பும் பேருந்துக் கட்டணத்தைச் சேர்த்தே பேசிக்கொள்ளுங்கள்.

முன்பணம் அனுப்பும் முன் போனில் இரண்டு கேள்வி கேட்டாலே ஆள் தெரிந்துவிடும். 'அன்றைக்குக் கடல் ஏற்றம் எத்தனை மணிக்கு, இறக்கம் எத்தனை மணிக்கு?' உடனே சொல்லாவிட்டாலும் பார்த்துச் சொல்கிறேன் என்பவர் நல்லவர். 'செறாயில் எந்தப் பக்கம் இறங்கலாம்?' எங்கே வேண்டுமானாலும் என்பவரை விட்டுவிடுங்கள்.

கடைகளைப் பற்றியும் அப்போதே பேசிவிட வேண்டும். மட்டாஞ்சேரியில் மசாலாக் கடை, கைவினைக் கடைகளில் ஆள் கூட்டி வருகிறவர்களுக்குக் கமிஷன் உண்டு. விட்டால் ஒரு மணி நேரம் அங்கேயே போய்விடும். ஒரு கடை, 20 நிமிடம் என்று வரையறுத்துக்கொள்ளுங்கள்.

நாள் எப்படிப் போக வேண்டும்

தெற்கே தொடங்கி வடக்கே முடிப்பதுதான் சரி. கொடுங்கல்லூர் வழியாக வந்து செறாயைக் காலையில் பார்த்துவிட்டு ஃபோர்ட் கொச்சியில் மாலையை முடிக்கும் திட்டங்கள் நிறைய விற்கின்றன. அப்படிப் போனால் உச்சி வெயிலில் கடற்கரை, மாலை நெரிசலில் கொச்சி நகரம் என்று இரண்டும் கெடும்.

அதிகாலை 3.30க்குக் கோவை. குதிரான் குகைப்பாதை திறந்த பிறகு பாலக்காடு–திருச்சூர் வழியில் பழைய நெரிசல் இல்லை. 6 மணி வாக்கில் திருச்சூர்ப் பக்கம் காலை உணவு. 7.30க்குள் ஆலுவா தாண்டினால் நகர நெரிசலுக்கு முன்னே வைற்றிலா, குண்டன்னூர், தோப்பும்படி வழியாக 8.30க்கு ஃபோர்ட் கொச்சி.

கடற்கரையை ஒட்டிய சீன வலைகளை முதலில் பாருங்கள். ஒரு வலையை இயக்க நாலைந்து பேர் வேண்டும். மறுமுனையில் கயிற்றில் தொங்கும் கற்கள்தான் எடைக்கு எடை நிற்பவை. ஒவ்வொரு வலைக்கும் இறங்கும் ஆழம் ஓர் அளவு என்பதால், ஏற்ற இறக்கத்தைப் பொறுத்துத்தான் அவற்றை இயக்குவார்கள். ஏற்ற நேரத்தை விசாரிக்கச் சொன்னது இதற்காகவும்தான். கயிறு இழுத்துப் பார்க்கச் சொல்லிக் கூப்பிட்டால் அது இலவசமல்ல. தொகையை முதலிலேயே கேளுங்கள். அங்கிருந்து புனித பிரான்சிஸ் தேவாலயம் நடை தூரம். 1503இல் தொடங்கிய வழிபாட்டிடம். 1524இல் கொச்சியில் இறந்த வாஸ்கோ ட காமாவை முதலில் புதைத்த இடம் அதற்குள் இருக்கிறது. பிறகு வண்டியில் மட்டாஞ்சேரி அரண்மனை. இராமாயணச் சுவரோவியங்களுக்கு முக்கால் மணி நேரமாவது ஒதுக்குங்கள்.

ஃபோர்ட் கொச்சிக் கரையில் குளிக்க வேண்டாம். கப்பல் போகும் துறைமுக வாய் பக்கத்திலேயே இருப்பதால் நீரோட்டம் வேகமானது. மழைக்காலத்தை ஒட்டி ஆகாயத்தாமரையும் வந்து ஒதுங்கும்.

12 மணி வாக்கில், வண்டியையும் ஏற்றிக்கொள்ளும் ரோ-ரோ படகில் வைப்பினுக்குக் கடக்கலாம். கடப்பது சில நிமிடம்தான், வண்டி வரிசைதான் நீளம். இரண்டு படகில் ஒன்று பழுதுபார்க்கப் போயிருந்தால் ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகலாம். அப்படியிருந்தால் நீங்கள் நடந்து படகில் ஏறிவிட்டு, வண்டியைக் கோஸ்ரீ பாலங்கள் வழியாகச் சுற்றி வரச் சொல்லுங்கள்.

மதியச் சாப்பாட்டை வைப்பினில் முன்கூட்டியே சொல்லிவைக்க வேண்டும். இருபது பேர் திடீரென்று போய் நின்றால் ஒரு மணி நேரம் காத்திருக்க வைப்பார்கள். மீன் கேட்கும்போது விலை கிலோவுக்கா, ஒரு மீனுக்கா, சமைக்கும் கூலி தனியா என்று கேட்டுவிடுங்கள். சைவக்காரர்கள் கட்டுச்சோறு கொண்டுபோவதானால் புளிச்சோறு கட்டுங்கள். அரிசிம்பருப்புச் சோறு வண்டிச் சூட்டில் மதியத்துக்குள் ஊசிப்போகும்.

தோட்டம் வைத்திருப்பவர்கள் வைப்பினில் பொக்காளி வயல் ஒன்றில் இறங்கிப் பார்க்க வேண்டும். ஜூன் முதல் அக்டோபர் வரை, மழை உப்பைக் கழுவிய பிறகு, உவர்ப்பைத் தாங்கும் உயரமான நெல். அறுவடைக்குப் பிறகு அதே வயலில் கடல்நீரை விட்டு ஏப்ரல் வரை இறால். நெல்லின் தாள் இறாலுக்கு இரையாகிறது, இறாலின் கழிவு நெல்லுக்கு உரமாகிறது. உரம் வாங்கிப் போடுவதில்லை. மதகைத் திறப்பதும் மூடுவதும் கடல் ஏற்றத்தைப் பார்த்துத்தான். உப்பேறிய கிணற்றோடு மல்லுக்கு நிற்கிறவர்களுக்கு இதில் கேட்க நிறைய இருக்கிறது.

கடலில் இறங்கும்போது

செறாய்க்கு 3.30க்குப் போங்கள். குளிப்பது 5 மணிக்குள் முடியட்டும், உடை மாற்றிக்கொண்டு அந்தியை உலர்ந்த உடையில் பாருங்கள். நவம்பர், டிசம்பரில் சூரியன் 6 மணியை ஒட்டி மறையும்.

நம் பக்கத்து ஆட்கள் கிணற்றிலும் வாய்க்காலிலும் நீந்தப் பழகியவர்கள். அந்தத் தைரியம்தான் கடலில் ஆளைக் கொல்கிறது. கிணற்றில் பத்து கை போட்டால் சுவர் வரும், பிடித்துக்கொள்ளலாம். கடலில் ஒதுங்கப் பிடிமானம் இல்லை, தண்ணீரும் நிற்காது. அலை கரைக்குக் கொண்டுவந்து கொட்டும் நீர் திரும்பிப் போயாக வேண்டும். அது ஒரு குறுகிய தடத்தில் சேர்ந்து வேகமாக உள்ளே இழுக்கும். அந்தத் தடத்தில் அலை உடையாது, இரண்டு பக்கமும் நுரைக்க நடுவில் மட்டும் தண்ணீர் அமைதியாக, மணல் கலங்கித் தெரியும். அலை இல்லையே என்று பிள்ளைகளோடு இறங்குவது சரியாக அந்த இடத்தில்தான். இறங்கும் முன் பத்து நிமிடம் கரையில் நின்று அலை எங்கே உடைகிறது, எங்கே உடையவில்லை என்று பாருங்கள். வழிகாட்டியைக் காட்டச் சொல்லுங்கள்.

இழுபட்டால் கரையை நோக்கி எதிர்நீச்சல் போடக் கூடாது. மூச்சு முட்டி அங்கேயே முடிந்துவிடும். மிதந்தபடி, கரைக்கு இணையாகப் பக்கவாட்டில் நீந்தி, அலை உடையும் இடத்துக்கு வந்த பிறகு அலையோடு கரைக்கு வர வேண்டும். கரையில் இருப்பவர் காப்பாற்றக் குதித்தால் இரண்டு உயிர் போகும். மிதக்கும் பொருளை எறிய வேண்டும். வண்டியில் கொண்டுபோகும் 20 லிட்டர் தண்ணீர் கேன் காலியானதும் மூடியை இறுக்கிக் கரையில் வைத்துக்கொள்ளுங்கள், அது ஓர் ஆளைத் தாங்கும். லைஃப்கார்டு நிற்கும் பகுதியில் மட்டும் இறங்குங்கள், சிவப்புக் கொடி இருந்தால் கால் நனைப்பதோடு நிறுத்துங்கள். சேலை, பாவாடை நனைந்தால் கால்களைச் சுற்றும். பெண்கள் சுடிதாருக்கு மாறிக்கொள்வது நல்லது. குடித்தவரை இறக்கவே கூடாது. அதில் அண்ணன், மாமன் என்று முகம் பார்க்காதீர்கள்.

காயலில் படகுச் சவாரி வேண்டுமானால் பகலிலேயே. 2023 மே 7 அன்று தானூரில் 22 பேர் இறந்த சுற்றுலாப் படகு, அளவுக்கு மீறி ஆளேற்றி, இருட்டிய பிறகு போனது. எத்தனை பேர் ஏறலாம் என்று படகில் எழுதியிருப்பதைப் பார்த்து, ஏறியவர்களை எண்ணுங்கள். லைஃப் ஜாக்கெட் கையில் அல்ல, உடம்பில் கட்டியிருக்க வேண்டும். அவசரத்துக்கு 112, கடலோரக் காவல்படைக்கு 1554.

6.45க்குச் செறாயை விட்டுப் பறவூர் வழியாகத் தேசிய நெடுஞ்சாலையைப் பிடித்தால் கொச்சி நகருக்குள் போகவே வேண்டாம். அங்கமாலிக்கும் திருச்சூருக்கும் இடையே மேம்பாலப் பணி நடந்தால் அரை மணி கூடும். இரவு உணவு வடக்கஞ்சேரிப் பக்கம், டிரைவருக்கு ஒரு தேநீரும் பதினைந்து நிமிட ஓய்வும். உப்பும் மணலும் சீட்டில் ஒட்டினால் கழுவும் கூலி கேட்பார்கள். நல்ல தண்ணீரில் காலைக் கழுவி, ஈரத் துணியைத் தனிப் பையில் போட்டு ஏறுங்கள். புறப்படும்போது எடுத்த கிலோமீட்டர் மானிப் படத்தையும் இறங்கும்போது எடுத்ததையும் ஒப்பிட்டு, டோல் தொகையை ஃபாஸ்டேக் குறுஞ்செய்தியில் சரிபார்த்து, மீதிப் பணத்தை அங்கேயே கணக்கு முடித்துவிடுங்கள்.