அவணில் கோழியும் கிழங்கும்: குசினியில் கிடக்கும் சாமானை வைத்து

யாழ்ப்பாணத்துக் குசினியில் கோழி என்றால் கை தன்பாட்டில் சட்டிக்குத்தான் போகும். வெங்காயத்தை வதக்கி, தூள் போட்டு, பால் விட்டு, வற்றவிட்டு இறக்குவது. அவணில் வேகும் கோழிக்கும் அதே தூள், அதே உள்ளி, அதே தேசிக்காய் போதும். கடைக்குப் போய்ப் புதுச் சரக்கு தேட வேண்டியதில்லை. கைவிட வேண்டியது கறி வைக்கும் பழக்கத்தில் ஒன்றை மட்டும்: தண்ணீர். தோலில் ஈரம் இருக்கும்வரை அந்த இடத்தின் சூடு 100 பாகையைத் தாண்டாது. நிறமும் மொறுமொறுப்பும் அதற்கு நன்றாக மேலே போனால்தான் வரும். வெளிறிய தோல், களியான கிழங்கு, தட்டத்தில் தேங்கி நிற்கும் குழம்பு என்று வரும் குறைகளில் பெரும்பாலானவை ஈரத்தால் வருபவை.

நாலைந்து பேருக்கு வேண்டியவை: தோலோடு 1.2 கிலோ கோழி, 600 கிராம் உருளைக்கிழங்கு, 250 கிராம் சின்ன வெங்காயம், 2 கரட், தோல் உரிக்காத உள்ளி 12 பல்லு, ஒரு மேசைக்கரண்டி துருவிய இஞ்சி, ஒரு நெட்டுக் கறிவேப்பிலை, ஒன்றரை மேசைக்கரண்டி யாழ்ப்பாணக் கறித்தூள், பெருஞ்சீரகத்தூளும் மிளகுத்தூளும் தேக்கரண்டி ஒவ்வொன்று, கால் தேக்கரண்டி மஞ்சள், 3 மேசைக்கரண்டி நல்லெண்ணெய், 3 மேசைக்கரண்டி தேங்காய் முதற்பால், ஒரு தேசிக்காய், உப்பு. நேற்றைய பாண் கால் இறாத்தல் இருந்தால் அதையும் எடுத்து வையுங்கள், கடைசியில் வேலை இருக்கிறது. தக்காளி வேண்டாம். கிழங்கின் நடுவே தக்காளி கிடந்தால் தட்டம் முழுவதும் தண்ணீராகிவிடும். ஆசை இருந்தால் பக்கத்தில் சம்பலாகப் போட்டுக்கொள்ளலாம்.

கோழி வாங்கும்போதே பாதி வேலை முடிந்துவிட வேண்டும். கேட்காவிட்டால் கறிக்கென்று தோலை உரித்துப் பொடித் துண்டாக வெட்டித் தந்துவிடுவார்கள். "தோல் உரிக்க வேண்டாம், எட்டுத் துண்டாகப் பெரிசாக வெட்டித் தாங்கோ" என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். இரண்டு தொடை, இரண்டு கால், நெஞ்சு நாலு. செட்டை நெஞ்சோடு ஒட்டியே இருக்கட்டும். நெஞ்சில் எலும்பு இருக்க வேண்டும், எலும்பில்லாத நெஞ்சு கால் வேகுமுன் காய்ந்துவிடும். உறைந்த கோழி என்றால் பிறிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்துத்தான் இளக்க வேண்டும். முழுக்கோழிக்கு ஒரு நாள் பிடிக்கும், துண்டுக்கு ஓர் இரவு போதும். வெளியே மேசையில் வைத்தால் நடுவில் ஐஸ் இருக்கும்போதே மேற்புறம் பழுதாகத் தொடங்கும்.

கழுவுவதா இல்லையா என்பது வீட்டுக்கு வீடு சண்டை. குழாயின் கீழ்ப் பிடித்துக் கழுவினால் இறைச்சியில் உள்ள கிருமி சிந்தும் தண்ணீரோடு குசினி முழுக்கப் பரவும், அதனால் கழுவாமல் விடுவதே பாதுகாப்பு. எலும்புச் சிதறல் இருக்கிறது, மனம் கேட்கவில்லை என்றால் ஒரு சட்டியில் தண்ணீர் எடுத்து மெதுவாக அலசி, தொட்டியையும் கையையும் சவர்க்காரம் போட்டுக் கழுவுங்கள். எப்படிச் செய்தாலும் அதன்பின் காகிதத் துவாயால் ஒவ்வொரு துண்டையும் வடிவாக ஒற்றி எடுக்க வேண்டும். தோலுக்கு அடியிலும்தான்.

உப்பு முதல்நாள் இரவு. எலும்போடு ஒரு கிலோ கோழிக்குப் பத்துக் கிராம் கணக்கு, 1.2 கிலோவுக்குத் தூளுப்பு மட்டமாக இரண்டு தேக்கரண்டி. கல்லுப்பு என்றால் இடித்து அளக்க வேண்டும், இடிக்காத உப்பு கரண்டியில் இடைவெளி விட்டு நிற்பதால் அளவு குறையும். பூசிய துண்டுகளைத் தோல் மேலே பார்க்கத் தட்டத்தில் பரப்பி, மூடாமல், பிறிட்ஜின் அடித்தட்டில், சமைத்த சாப்பாடு பக்கத்தில் இல்லாமல் வைக்க வேண்டும். உப்பு முதலில் நீரை வெளியே இழுக்கும். சில மணி நேரத்தில் அந்த நீர் உப்போடு திரும்ப உள்ளே போகும், தோலும் காயும். நேரம் இல்லாதவர்கள் அவணில் வைப்பதற்குச் சற்று முன் உப்புப் போடலாம். அரை மணி நேரம் முன் போடுவதுதான் மோசம், நீர் வெளியே வந்து நிற்கும் நேரம் அது. வெள்ளிக்கிழமை மரக்கறி பிடிக்கும் வீடுகளில் சனி காலை வாங்கி, அன்றிரவு உப்புப் பூசி, ஞாயிறு மத்தியானம் வேக வைப்பது தோதாக இருக்கும்.

இனித் தூள். நம்முடைய கறித்தூள் ஏற்கெனவே நிறம் மாற வறுத்து இடித்தது. அதைத் தோலுக்கு மேல் பூசி 210 பாகையில் முக்கால் மணி நேரம் வைத்தால் இரண்டாம் முறை வறுபட்டுக் கறுத்துக் கைத்துப்போகும். கோழி கருகிவிட்டது என்று அடுப்பைக் குறை சொல்வார்கள், கருகியது தூள்தான். ஆகவே கறித்தூளில் ஒரு மேசைக்கரண்டியை பெருஞ்சீரகம், மஞ்சள், பிழிந்தெடுத்த இஞ்சி, ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் ஆகியவற்றோடு குழைத்துத் தோலுக்கு அடியில் விரலை விட்டுத் தடவுங்கள், அடிப்புற இறைச்சியிலும் பூசுங்கள். தோலுக்கு மேல் எண்ணெயும் மிளகும் மட்டும். மிச்சம் அரை மேசைக்கரண்டித் தூளை இரண்டு தேக்கரண்டி எண்ணெயில் கரைத்து வையுங்கள், அது கடைசி 12 நிமிடத்துக்கு. அரைத்த உள்ளியும் இப்படித்தான், மேலே பூசினால் கருகும். உள்ளியைத் தோலோடு முழுதாகக் கிழங்குக்குள் போட்டால் வெண்ணெய்ப் பதத்தில் வெந்து வரும். தேசிக்காய்ப்புளியை இரவே பிழிந்து ஊற வைக்கும் பழக்கத்தையும் விடுங்கள். இறைச்சியின் மேற்பகுதி மாவாகும், தோல் நனையும். புளி கடைசியில்.

கிழங்கை மூன்று சென்ரிமீற்றர் துண்டாக வெட்டி, முக்கால் தேக்கரண்டி உப்புப் போட்ட கொதிநீரில் ஏழு நிமிடம் அவித்து வடியுங்கள். வடித்த பானையை மூடிக் குலுக்கினால் ஓரங்கள் உதிர்ந்து சொரசொரப்பாகும், மொறுமொறுப்பு அந்தச் சொரசொரப்பில்தான் பிடிக்கும். மூடியைத் திறந்து ஐந்து நிமிடம் ஆவி போகவிட வேண்டும். மாசி, பங்குனியில் வரும் ஊர்க் கிழங்கு புதிதாக இருக்கும்போது ஈரம் கூட, அதற்கு ஆவி போக இன்னும் ஐந்து நிமிடம் விடுங்கள்.

அவணைப் பற்றி இரண்டு விஷயம். நம் வீடுகளில் பெரும்பாலும் மேசையில் வைக்கும் சின்ன மின் அவண்தான். அது 1500 முதல் 2000 வாற்று வரை இழுக்கும். வட்டக்குச்சி 5 அம்பியர்ப் பிளக் 230 வோல்ற்றில் 1150 வாற்றுக்கு மேல் தாங்காது. அடப்டர் போட்டு அதில் செருகினால் பிளக் உருகும், சுவர் கறுக்கும். 13 அம்பியர்ப் பிளக்கில் தனியே போடுங்கள், கேத்திலையும் றைஸ்குக்கரையும் அதே நீட்டுவயரில் சேர்க்க வேண்டாம். மற்றது, திருகியில் எழுதியிருக்கும் பாகையை நம்ப முடியாது. வெப்பமானி இல்லாவிட்டால் அலுமினியத் தாளில் ஒரு தேக்கரண்டி சீனி வைத்துப் பாருங்கள். சீனி ஏறக்குறைய 186 பாகையில் உருகும். 175இல் வைத்துக் கால் மணி நேரத்தில் உருகினால் உங்கள் அவண் சொல்வதைவிடச் சூடு. 195இல் வைத்தும் மணிமணியாகவே இருந்தால் குறைவு. வித்தியாசத்தை ஒரு துண்டில் எழுதிப் பக்கத்தில் ஒட்டிவிட்டால் கேக்குக்கும் உதவும்.

210 பாகையில் இருபது நிமிடம் வெறும் அவணைச் சூடாக்குங்கள். தட்டத்தில் கிழங்கு, கரட், முழு வெங்காயம், உள்ளி, கறிவேப்பிலை எல்லாவற்றையும் மிஞ்சிய எண்ணெயில் பிரட்டிப் பரப்பி, மேலே கோழியைத் தோல் மேலே பார்க்க அடுக்குங்கள். துண்டுக்குத் துண்டு ஒரு விரல் இடைவெளி வேண்டும். நெருக்கி அடுக்கினால் ஒன்றின் ஆவியில் மற்றது அவியும். தொடையும் காலும் ஓரத்தில், நெஞ்சு நடுவில், ஏனென்றால் ஓரத்தில்தான் சூடு கூட. இடம் போதாவிட்டால் கிழங்கைக் குறையுங்கள். தட்டம் நடுத்தட்டில் இருக்கட்டும். மேற்கம்பிக்கு மிக அண்மையில் வைத்தால் வெளியே கறுத்து உள்ளே இரத்தமாக இருக்கும்.

25ஆம் நிமிடத்தில் தட்டத்தைத் திருப்பி வையுங்கள், சின்ன அவணில் பின்பக்கம் கெதியாக நிறமாகும். கதவை இடையிடையே திறந்து பார்க்க வேண்டாம், ஒவ்வொரு தரமும் சூடு இறங்கும். 30ஆம் நிமிடம் எண்ணெயில் கரைத்த தூளைத் தோல்மேல் தடவி, பாணைக் கையால் பிய்த்துக் கிழங்குக்கிடையில் செருகுங்கள். கோழியிலிருந்து இறங்கிய கொழுப்பைப் பாண் குடித்து, மேல்நுனி மொறுமொறுக்கும். தட்டத்தில் முதலில் தீர்வது இதுதான் என்பதால் கொஞ்சம் கூடவே போடலாம். மொத்தம் 40 முதல் 45 நிமிடம். நெஞ்சு 35இல் வெந்துவிட்டால் அதை மட்டும் எடுத்து வையுங்கள்.

வெந்ததற்கு அடையாளம் நிறம் அல்ல. இறைச்சி வெப்பமானி இருந்தால் தடித்த இடத்தில் எலும்பில் படாமல் குத்திப் பாருங்கள். எங்கும் 74 பாகை வந்தாக வேண்டும். தொடை 80ஐத் தாண்டினால்தான் இணைப்பிழை இளகி ருசி வரும், நெஞ்சு அதே சூட்டில் காய்ந்துவிடும். வெப்பமானி இல்லையென்றால் தொடையின் மூட்டுப் பக்கம் கத்தியால் குத்துங்கள், வடியும் நீர் தெளிவாக இருக்க வேண்டும். கால் எலும்பைச் சுற்றிச் சிவப்பாகத் தெரிவதை வைத்து மட்டும் பயப்பட வேண்டாம். புறொயிலர் இளங்கோழி, அதன் எலும்பு மூளையின் நிறம் இறைச்சியில் ஊறும், உறைந்த கோழியில் அது கூடத் தெரியும்.

வெளியே எடுத்துப் பத்து நிமிடம் மூடாமல் ஆறவிடுங்கள். மூடினால் அவ்வளவு பாடுபட்டு மொறுமொறுத்த தோல் மூன்று நிமிடத்தில் நனையும். அந்த நேரத்தில் கோழியையும் கிழங்கையும் வேறு பாத்திரத்துக்கு மாற்றி, தட்டத்தின் அடியில் ஒட்டியிருப்பதில் கால் கோப்பை கொதிநீர் விட்டு அகப்பையால் சுரண்டுங்கள். சின்னத் தாச்சியில் ஊற்றி ஒரு கொதி வந்ததும் இறக்கி, மூன்று மேசைக்கரண்டி முதற்பால், கடைசியாகப் பாதித் தேசிக்காய்ப்புளி. பால் விட்டபின் அடுப்பில் வைத்தால் திரையும். மிச்சப் புளியைக் கோழிமேல் பிழியலாம். பக்கத்தில் வல்லாரைச் சம்பல் இருந்தால் கொழுப்புக்கு நல்ல எதிர்.

ஊர்க்கோழிக்கு இந்தக் கணக்கு எடுபடாது. ஓடித் திரிந்த கால், 45 நிமிடத்தில் கடிக்க முடியாது. 160 பாகையில், அரைக் கோப்பை தண்ணீர் விட்டு, அலுமினியத் தாளால் இறுக்கி மூடி ஒன்றரை மணி நேரம். பிறகு தாளை எடுத்து, தேங்கியதை வடித்து, கிழங்கைச் சேர்த்து 210இல் 25 நிமிடம். இங்கே மட்டும் தண்ணீருக்கு இடமுண்டு, பின்னால் அதைக் காயவைக்கிறோம் என்பதால். தோல் உரித்த கோழிதான் கிடைத்தது என்றால் எண்ணெயைக் கொஞ்சம் கூட்டி, முதல் இருபது நிமிடம் மூடி வேகவிடுங்கள்.

அவண் இல்லாத வீட்டில் தடித்த பெரிய அலுமினியப் பானை போதும். அடியில் ஒரு விரல் உயரத்துக்குக் காய்ந்த மணல், அதன்மேல் மூன்று சிறு கல், கல்லின்மேல் தட்டம். மூடி தட்டையான உலோகமாக இருக்க வேண்டும். கால் மணி நேரம் வெறுமனே சூடாக்கித் தட்டத்தை இறக்கியபின் மூடியில் சிரட்டைத் தணலைப் பரப்புங்கள். மூன்றில் இரண்டு பங்கு நெருப்பு மேலே, ஒரு பங்கு கீழே. அரை மணியில் தணலை மாற்றும்போது மூடியைச் சற்றுத் தூக்கி ஆவியை வெளியே விட வேண்டும், இல்லாவிட்டால் அவித்த கோழிதான் கிடைக்கும். ஒரு மணி நேரம் பிடிக்கும். முற்றத்தில் செய்யுங்கள். அடைத்த குசினியில் கரித்தணல் விடும் புகை மணக்காது, ஆனால் உயிருக்கே ஆபத்து. நொன்ஸ்ரிக் பாத்திரம் இதற்கு ஆகாது.

கரண்ட் போய்விட்டால் கதவைத் திறக்காமல் பத்து நிமிடம் பார்க்கலாம். வராவிட்டால் அரைவேக்காட்டில் அப்படியே விட்டுவைக்காமல் எல்லாவற்றையும் சட்டிக்கு மாற்றி, அரைக் கோப்பை தண்ணீர் விட்டு காஸில் மூடி வேகவைத்து முடியுங்கள். தோல் போனது போனதுதான், இறைச்சி தப்பும்.

மிஞ்சியதை நம் வெயிலில் ஒரு மணி நேரத்துக்குள் பிறிட்ஜில் வைத்துவிடுங்கள். அடுத்த நாள் 180 பாகையில் 12 நிமிடம் சூடாக்கினால் தோல் திரும்ப மொறுக்கும், மைக்ரோவேவில் ரப்பராகும். பிய்த்த இறைச்சி கொத்துறொட்டிக்கு, எலும்பு இரசத்துக்கு. எலும்பிலேயே உப்பு இருக்கும், இரசத்துக்கு உப்பைக் கடைசியில் ருசி பார்த்துப் போடுங்கள்.